அத்தையின் உதடு அசைந்தபோது

"மேடம், கட் பண்ணிடலாம்" என்று சொல்லப்போன என் கையை எங்கள் டைரக்டர் மேடம் எட்டிப் பிடித்தார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அவர் பார்வையெல்லாம் கேமராவுக்கு முன் நின்ற தன் அத்தை மீதே இருந்தது. அப்பப்பா, என்ன பிடி அது!

மேடம் லண்டனில் பிறந்தவர். அப்பா மயிலாப்பூரிலிருந்து பிழைக்கப் போன கத்தோலிக்கக் குடும்பத்துப் பையன், அம்மா நர்ஸ். டிவி ஸ்டுடியோவில் எல்லாருக்கும் டீ வாங்கிக் கொடுக்கிற வேலையில் சேர்ந்து, ஆஸ்பத்திரி சீரியல், போலீஸ் சீரியல் என்று யாரோ ஆரம்பித்து யாரோ முடிக்கிற கதைகளின் நடு எபிசோடுகளை வருஷக்கணக்கில் எடுத்துக் கொடுத்தவர். தன் கதையை எடுக்க ஒரு வாய்ப்பு கிடைத்ததும், அப்பாவின் கதையோடு சென்னைக்கு வந்தார். நான் இங்கே அவருக்கு உதவி இயக்குநர்.

கோடம்பாக்கத்தில் நான் பார்த்த டைரக்டர்களில் பாதிப் பேருக்கு மைக் இல்லாமல் கோபம் வராது. இவர் 'ஆக்‌ஷன்' என்றுகூடக் கத்தமாட்டார். கேமரா பக்கத்திலேயே நின்று, "மெதுவா ஆரம்பிக்கலாமா?" என்று கேட்பார். தமிழோ, அப்பா விமானம் ஏறிய காலத்துத் தமிழ். தியேட்டரைக் கொட்டகை என்பார். "மேடம் எங்க தாத்தா மாரி பேசுது சார்" என்று லைட்மேன் சிரித்தார். இரண்டாம் நாளே, அவர் ஏதாவது சொன்னால் முதலில் ஓடியதும் அந்த லைட்மேன்தான்.

அன்று எடுக்க வேண்டியது, அப்பா வீட்டைவிட்டுக் கிளம்பும் காட்சி. படத்துக்கே உயிர் அதுதான். அப்பா பிறந்த அதே வீட்டை வாடகைக்குப் பிடித்திருந்தோம். மறுநாள் பில்டர் இடிக்க வருகிறார். பகலெல்லாம் தெருவில் கொட்டுமேளம், அங்கேயே பதிவாகிற லைவ் சவுண்டில் ஒன்றும் தேறவில்லை. மேளம் ஓய்ந்தபோது ஜன்னலில் கொஞ்சம் வெளிச்சம்தான் மிச்சம். விட்டால் இன்னொரு டேக் கிடையாது.

அப்பாவாக நடித்த இளைஞன், லண்டன் ஏர்போர்ட்டில் கேட்கப்போகும் கேள்விகளுக்கான ஆங்கிலப் பதில்களை ஒப்பிக்க வேண்டும். அப்பாவின் தாயாக மேடத்தின் அத்தை. சும்மா நின்றால் போதும், வசனமே இல்லை. ஆனால் அத்தை சமீபத்தில் ஓய்வுபெற்ற டீச்சர். வருஷா வருஷம் பள்ளி கிறிஸ்துமஸ் நாடகத்தில், மேடைக்குக் கீழே நின்று பிள்ளைகளின் வசனத்தையெல்லாம் வாயசைத்தே பழகியவர். ஒத்திகையில் கேட்டே பதிலெல்லாம் மனப்பாடமாகியிருக்க, இளைஞன் பேசப்பேச அவர் உதடும் சத்தமில்லாமல் கூடவே பேச ஆரம்பித்துவிட்டது. "சார், அந்தம்மா வாய் ஆடிக்கினே கீது" என்று லைட்மேன் என் காதில் முனகினார். போச்சுடா என்று நினைத்தேன். அப்போதுதான் மேடம் என் கையைப் பிடித்தது.

இன்னொரு கையால் கேமராமேன் தோளை மெல்லத் தொட்டார். கேமரா இளைஞனின் முகத்தை விட்டு அந்த உதடுகளுக்கு நகர்ந்தது. பிள்ளைக்குப் பதில் மறந்துவிடுமோ என்று பயந்து, ஒரு தாய் அத்தனையையும் கூடவே சொல்லிக்கொண்டிருந்தாள். நான் தப்பைப் பார்த்த இடத்தில் அந்த மனுஷி தாயைப் பார்த்துவிட்டாரே!

ஷாட் முடிந்ததும் அத்தை கையைப் பிசைந்தார். "கெடுத்துட்டேனாம்மா?"

"என்னால இதை எழுதியிருக்கவே முடியாது அத்தை. அப்பா போனப்போ பாட்டி இப்படித்தான் நின்னாங்களா?"

"எனக்கெப்படிம்மா தெரியும்? அன்னைக்கு எனக்குப் பரீட்சை. ஸ்கூல் விட்டு ஓடி வந்தா, அண்ணன் போயிட்டான்."

போன மாதம் தி.நகரில் ஒரு சின்ன அரங்கில் படத்தைப் போட்டார்கள். லண்டனிலிருந்து அப்பாவும் வந்திருந்தார். அண்ணனும் தங்கையும் எனக்கு முன் வரிசையில். அந்தக் காட்சி வந்ததும் பெரியவர் தோள் குலுங்கியது. தங்கை பக்கம் சாய்ந்தார்.

"அன்னைக்கு எல்லாரும் இருந்தாங்க. நீ வருவியான்னுதான் வாசலையே பாத்துக்கிட்டு நின்னேன்."

அத்தை திரையில் தெரிந்த தன் முகத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அதான் இப்ப வந்துட்டேன்ல, அண்ணே."