இஞ்சி தோசியும் எங்கள் வீட்டு வைத்தியரும்

என் வீட்டுக்காரருக்குச் சீனி வருத்தம், அதாவது நீரிழிவு, என்று பதுளை பெரியாஸ்பத்திரியில் சொன்ன நாளிலிருந்து எங்கள் வீட்டில் இனிப்புச் செலவு கூடிவிட்டது. இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. தேத்தண்ணியில் சீனி போடக்கூடாது என்று டாக்டர் சொன்னார். இவர் பெரியவர்கள் சொல்லைத் தட்டாதவர். அன்றிலிருந்து தேத்தண்ணிக்குள் ஒரு மணி சீனி விழவில்லை. பக்கத்தில் வைத்துக் கடித்துக்கொண்டார்.

தேயிலைத் தோட்டத்துப் பழக்கம் தெரியாதவர்களுக்கு இது விளங்காது. நாங்கள் சாயத்தண்ணி குடிப்பதே அப்படித்தான். கோப்பையில் வெறும் சாயம் இருக்கும். உள்ளங்கையில் கொஞ்சம் சீனியோ ஒரு துண்டு கருப்பட்டியோ இருக்கும். ஒரு நக்கு, ஒரு மிடறு. ஆகவே "தேத்தண்ணிக்குச் சீனி போடுறீங்களா?" என்று டாக்டர் கேட்டபோதெல்லாம் இவர் நெஞ்சில் கை வைத்து இல்லை என்றார். பொய் சொல்லவில்லை பாருங்கள். அந்த வகையில் யோக்கியமான மனிதர்.

உள்ளங்கைச் சீனியை நான் கண்டுபிடித்து ஒரு ஆட்டம் ஆடினேன். மறுநாள் அதை விட்டுவிட்டார். அதன் இடத்துக்கு வந்து சேர்ந்ததுதான், இஞ்சியைப் பாகில் கிண்டிக் காயவைக்கும் இஞ்சி தோசி.

இஞ்சி தோசி எங்கள் வீட்டுக்குப் புதிதல்ல. நாங்கள் வேதக்காரர்கள். இயேசு பிறந்த நத்தாருக்குக் கேக் போடுவோம். பூசணி தோசியும் இஞ்சி தோசியும் விழாத கேக்கை எங்கள் பக்கம் யாரும் கேக் என்று ஒப்புக்கொள்ள மாட்டார்கள். வருசத்துக்கு ஒரு தடவை ஒரு சின்னப் போத்தல் கிண்டுவேன், கேக்கோடு அது முடிந்துவிடும். இவர் ஸ்டோரில், அதுதான் தேயிலைத் தொழிற்சாலையில், பென்சன் வாங்கி வீட்டோடு வந்து உட்கார்ந்த பிறகு, கொழும்பில் வேலை செய்யும் மகள் ஒரு போன் வாங்கிக் கொடுத்தாள். அந்தப் போனுக்குள் ஒரு வைத்தியக் கல்லூரியே இருந்திருக்கிறது. இஞ்சி கொழுப்பைக் கரைக்கும், ரத்தத்தைச் சுத்தம் பண்ணும், மூட்டு வலியை விரட்டும், சீனியை இறக்கும் என்று யாரோ கத்திக்கொண்டே இருந்தார்கள். இவர் கேட்டுக்கொண்டே இருந்தார். கடைசியில் அந்த இஞ்சியைச் சாப்பிட ஏற்ற வழி, எடைக்கு எடை சீனி போட்டுக் கிண்டுவதுதான் என்று அவரே ஒரு முடிவுக்கு வந்தார்.

செய்நேர்த்தியில் நான் குறை சொல்ல மாட்டேன். இஞ்சி இளசாக, நார் விடாததாக இருக்கவேண்டும் என்று நாங்கள் குடியிருக்கும் லயத்து வரிசை வீடுகளின் பின்பக்கத்துப் பாத்தியை, கிழங்கு முற்றும் முன்னே தோண்டிவிடுவார். கத்தி வைத்தால் சதை போகும் என்று கரண்டி முனையால்தான் தோலைச் சுரண்டுவார். மெல்லிய வில்லைகளாக வெட்டி ஊறவைத்து, வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு இன்னொரு தடவை வேகவைப்பார். காரம் தணிய வேண்டுமாம். பிறகு சீனியும் கொஞ்சம் தண்ணீரும் போட்டு, அடுப்பை அடக்கி, பாகு வற்றும்வரை பக்கத்திலேயே குந்தியிருப்பார். வற்றி வரும்போது கிளறக் கிளறச் சீனி பூத்து வில்லைகள் வெள்ளையாகும். அதைப் பிரித்து, ஸ்டோரில் கொழுந்து வாட்டும் கம்பி வலையில் ஒரு துண்டைக் கொண்டுவந்து வைத்திருந்தார், அதன் மேல் காயப்போடுவார். எங்கள் கல்யாணத்துக்கே இவ்வளவு அக்கறையாக ஓடியாடினாரா என்பது எனக்குச் சந்தேகம்.

"இது பூரா சீனிதானே" என்று நான் கேட்டால், சீனி கெட்டுப்போகாமல் இருக்கத்தானாம், மருந்து இஞ்சியில்தான் இருக்கிறதாம். "சுக்குக்கு மிஞ்சிய மருந்தில்லை" என்று உரக்கச் சொல்வார். அந்தப் பழமொழியின் அடுத்த பாதியில் சுப்பிரமணியர் வருவதால், எங்கள் சபைக் கோயிற்பிள்ளை காதில் விழுந்துவிடப் போகிறதென்று அதை மட்டும் விழுங்கிவிடுவார்.

இஞ்சியைப் பழிக்க நான் வரவில்லை. நமுனுகுல மலையில் மழைமூட்டம் இறங்கினால் எங்கள் லயத்தில் இருமாத வீடு கிடையாது. அப்போது ஒரு வில்லையை வாயில் அடக்கினால் தொண்டைக்கு இதம்தான். சாப்பாடு செரிக்காத வயிற்றுக்கும் நல்லது. எங்கள் ஸ்பிரிங்வெளியிலிருந்து பதுளைக்கு இறங்கும் பஸ்ஸில், வளைவுக்கு வளைவு குடல் வாய்க்கு வரும்போது, அதை அடக்க இஞ்சிதான். சுவருக்கு அந்தப் பக்கத்துக் காம்பராவில் குடியிருப்பவள் தன் வாயுத் தொல்லை தீர்ந்தது இவர் தோசியால்தான் என்று சபையிலே சாட்சி சொல்லாத குறை. நல்ல இஞ்சியைச் சீனிக்குள் புதைத்துவிட்டுச் சீனி வருத்தத்துக்கு மருந்து என்று சொன்னதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

இதெல்லாம் சிரித்துவிட்டுப் போகிற கதையாகவே இருந்திருக்கும், இவருடைய கண் மட்டும் கெடாமல் இருந்திருந்தால். வலது கண்ணில் வெள்ளை படர்ந்துவிட்டது. இடது கண்ணும் அதன் பின்னாலேயே போகத் தொடங்கியிருந்தது. ஒரு நாள் பக்கத்துக் காம்பராக்காரி கொழுந்தெடுக்க இடுப்பில் கட்டும் படங்கைக் கொடியில் காயப்போட்டிருந்தாள். இவர் வாசலில் நின்று அந்தப் படங்கிடம், "வாங்க, எப்ப வந்தீங்க?" என்று விசாரித்தார். நான் சிரித்தேன். உள்ளே போன பிறகு சிரிப்பு நின்றுவிட்டது.

கண் டாக்டர் தெளிவாகச் சொன்னார். சின்ன ஆப்பரேசன்தான், ஆனால் சீனி இறங்காமல் கை வைக்க முடியாது, ரொம்ப நாள் தள்ளவும் கூடாது. வெறும் வயிற்றோடு வந்து ரத்தம் கொடுக்க வேண்டும், சரியாக இருந்தால் திகதி தருவோம் என்றார்.

முதல் தடவை போனோம். சீனி ஏறியிருந்தது, அனுப்பிவிட்டார்கள். மெசின் பழசு என்றார். அடுத்த தடவை இன்னும் ஏறியிருந்தது. நான் போட்ட சோறு சரியில்லை என்றார். அன்று வீட்டில் எரிந்த எரிச்சலில் அடுப்பே மூட்டியிருக்கத் தேவையில்லை. வாயில் வந்ததையெல்லாம் சொன்னேன். போன் டாக்டர், தோசி டாக்டர், குருட்டு டாக்டர் என்று பட்டம்கூடக் கொடுத்தேன். இவர் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு சும்மா இருந்தார். இவருக்குச் சொரணையே கிடையாது என்று நினைத்துக்கொண்டேன்.

அதன் பிறகு நானே சமையலைக் கையில் எடுத்தேன். பாகற்காய், கீரை, அளந்த சோறு. தோசிப் போத்தலைப் பிடுங்கிப் பக்கத்துக் காம்பராவில் கொடுத்துவிட்டேன். மறுபடி ரத்தம் கொடுக்கப் போகும் காலையில் தண்ணீர்கூடக் குடிக்கவில்லை என்று சத்தியம் பண்ணினார். பஸ்ஸில் முன் சீட்டு கிடைத்தது. குலுக்கல் இல்லாமல் வந்து பதுளையில் இறங்கினோம். இந்த முறை எல்லாம் சரியாக வரும் என்று நான் மனதுக்குள் ஜெபம் பண்ணிக்கொண்டே நடந்தேன்.

ஆஸ்பத்திரி வாசலில் என் குடையை மடக்கிவிட்டுத் திரும்பினால், இவர் மதிலைப் பார்த்து நின்றுகொண்டிருந்தார். சட்டைப் பைக்குள் கை போயிற்று, வாய்க்கு வந்தது, அவசரமாக மென்றார். திரும்பவும் பைக்குள் கை போயிற்று.

பக்கத்தில் போய் நின்று கேட்டேன். "என்னங்க, பஸ்ஸ விட்டு எறங்கினதுக்குப் பொறகு யாருக்கு வாந்தி வருது?"

இஞ்சி தின்ற குரங்கு என்று சொல்வார்களே, அந்த முகம்.  மெதுவாக, "சீனி கூடியிருந்தா கத்தி வைக்க மாட்டாங்க" என்றார்.

 இத்தனை நாளும் இவரை விவரம் கெட்ட மனிதர் என்று நான் ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிய, இவர் விவரமாகத்தான் தின்றிருக்கிறார். தோசி பூராவும் சீனி என்று எனக்குத் தெரிந்ததைவிட இவருக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது. முதல் இரண்டு தடவையும் இதே மதிலைப் பார்த்துத்தான் நின்றிருப்பார். கோபம் உச்சிக்கு ஏறியது. ஆஸ்பத்திரி வாசல் என்றுகூடப் பார்க்காமல் பிடித்துக்கொண்டேன். இதே ஆப்பரேசன் செய்துகொண்டு தோட்டத்தில் எத்தனை பேர் நடமாடுகிறார்கள், கெட்டுப்போன கண்ணில்தானே கை வைக்கிறார்கள், அதில் போவதற்கு இனி என்ன இருக்கிறது, சின்னப் பிள்ளைகூட இப்படிப் பயப்படாதே என்று கேட்டேன். போகிறவர்கள் வருகிறவர்கள் எல்லாம் பார்த்தார்கள். இவர் எப்போதும்போல என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றார், ஆனால் கண்ணைச் சுருக்கிச் சுருக்கி.

"இந்தக் கண்ணு போனா மத்ததும் போயிரும்னு பயமா இருக்கு" என்றார். "நீ விடிஞ்சதுலேருந்து என்னைய திட்டுற. நான் ஒன் மூஞ்சியத்தான் பாப்பேன். வாய்தான் திட்டும், மூஞ்சி திட்டாது. அது தெரியறதுனால எனக்கு ஒன்னும் பண்ணாது. ரெண்டு கண்ணும் போயிட்டா அப்பறம் ஒன் வாய் மட்டுந்தான மிஞ்சும்?"

  அவர் கையிலிருந்த பொட்டலத்தை வாங்கிக்கொண்டு, அவரை உள்ளே கூட்டிப்போய், இவர் சாப்பிட்டுவிட்டார், ரத்தம் எடுக்க வேண்டாம், வேறு நாள் தாருங்கள் என்று நர்ஸிடம் எனக்குத் தெரிந்த சிங்களத்தில் சொன்னேன். அந்தப் பிள்ளை இவரைச் சிங்களத்தில் திட்டியது. இவருக்கு அதெல்லாம் உறைக்கவில்லை.

அடுத்த திகதிவரை நான் திட்டவே இல்லை. இரண்டு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு, உடம்புக்குச் சரியில்லையா, காய்ச்சலா என்று கேட்டார். அப்புறமும் நான் வாயைத் திறக்காமல் இருக்கவே பயந்துபோய், பாகற்காயை என்னிடம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். தோசி கிண்டுவதை மட்டும் விடவில்லை. கிண்டிக் கிண்டி லயத்துக்கெல்லாம் கொடுத்தார், தான் ஒரு வில்லைகூட வாயில் போடவில்லை. சீனி இறங்கியது. ஆப்பரேசனுக்கு உள்ளே கொண்டுபோகும்வரை என் கையை அவர் விடவில்லை. நானும் விடவில்லை.

மறுநாள் காலை கட்டைப் பிரித்தார்கள். டாக்டர் விரலைக் காட்டி எத்தனை என்று கேட்டார். இவர் அவசரமாகச் சொல்லிவிட்டு, விரலை விட்டு என் பக்கம் திரும்பினார். ரொம்ப நேரம் பார்த்தார்.

"எங்க, ஏதாச்சும் திட்டு பாப்போம்" என்றார்.

எவ்வளவோ சேர்த்து வைத்திருந்தேன். எல்லாவற்றையும் விட்டுவிட்டு முகத்தை மட்டும் காட்டிக்கொண்டு நின்றேன்.