நாடோடிகளைப் பார்க்கப் போனோம், அவர்கள் கிளம்பிவிட்டிருந்தார்கள்

கிர்கிஸ்தானில் மூன்று நாள் மலைப்பயணம், அதில் ஓரிரவு நாடோடிக் குடும்பத்தோடு கம்பளிக் கூடாரத்தில் தங்கல் என்ற விளம்பரத்தைப் பார்த்துவிட்டு, செப்டம்பர் கடைசியில் ஆக்லாந்திலிருந்து கிளம்பலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறீர்களா? வேண்டாம். மலையில் ஒரு குறையும் இல்லை. மாதம்தான் தப்பு.

நாங்கள் போனதற்குக் காரணம் ரெஜினா அக்கா. இலங்கை மன்னாரைச் சேர்ந்தவர், ஆக்லாந்தின் பக்குரங்காவில் இருக்கிறார், முதியோர் இல்லத்தில் நர்ஸ். நான் மானாமதுரைக்காரி, பிளாட் புஷ்ஷில் வீடு, விமான நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு சரக்குக் கம்பெனியில் கணக்கு வேலை. பிள்ளைகளை நீச்சல் வகுப்பில் விட்டுவிட்டுக் காத்திருந்த நாட்களில் பழக்கமானவர்கள் நாங்கள். அக்காவுக்கு ஐம்பது வயது நிறைவதை ஒட்டி எங்காவது போகலாம் என்று நான்தான் வாயைக் கொடுத்தேன். ஃபிஜி என்பார், பாலி என்பார் என்று நினைத்தேன். ஃபோனைத் திறந்து ஒரு படத்தைக் காட்டினார். பச்சைப் புல்வெளி, நீல ஏரி, வெள்ளைக் கூடாரங்கள். "இஞ்சதான் போகவேணும்" என்றார்.

என் கணவர் எட்டிப் பார்த்தார். "ஆட்டோட சேர்ந்து ஊர் ஊராப் போறவங்களைப் பாக்கணும்னா மானாமதுரை பைபாஸ்லயே பாத்திருக்கலாமே" என்றார். கீதாரிகளைச் சொல்கிறார். அவர்கள் ஆட்டுமந்தை எங்கள் பஸ்ஸை மறித்தபோதெல்லாம் நான் ஒருநாளும் இறங்கிப் பார்த்ததில்லை என்பதும் உண்மைதான்.

அங்கே கோடைக்காலம் ஜூன் முதல் ஆகஸ்ட் வரை. இங்கே அதுதான் குளிரும் ஃப்ளூவும். அந்த மூன்று மாதங்களில் முதியோர் இல்லத்தில் யாருக்கும் லீவு கிடையாது. அதனால் செப்டம்பர் கடைசி வாரம். பயண ஏஜென்டிடம் மின்னஞ்சலில் இரண்டு முறை கேட்டேன், அப்போது மேலே ஆட்கள் இருப்பார்களா என்று. இரண்டு முறையும் "கட்டாயம் இருப்பார்கள்" என்றே பதில் வந்தது. இரண்டாவது பதிலில் ஒரு சிரிப்புப் பொம்மையும் இருந்தது.

செலவையும் சொல்லிவிடுகிறேன். விமான டிக்கெட் ஆளுக்கு 2,450 நியூசிலாந்து டாலர். துபாய் வரை பதினேழு மணி நேரம், அங்கே ஆறு மணி நேரக் காத்திருப்பு, பிறகு தலைநகர் பிஷ்கெக் வரை நாலு மணி நேரம். மூன்று நாள் பயணம் ஆளுக்கு 690 டாலர், வண்டி, வழிகாட்டி, சாப்பாடு எல்லாம் சேர்த்து. அக்காவிடம் நியூசிலாந்து பாஸ்போர்ட் இருந்ததால் விசா தேவைப்படவில்லை. இந்தியப் பாஸ்போர்ட் வைத்திருக்கும் நான் இ-விசா எடுத்தேன். என் முகம் சரியாக இல்லை என்று புகைப்படத்தை மூன்று முறை திருப்பி அனுப்பினார்கள்.

முதல் நாள் காலை ஏழரைக்கு வண்டி வந்தது. வழிகாட்டி அய்னுரா, முன்பு பள்ளியில் ஆங்கிலம் கற்பித்தவர். ஓட்டுநர் போலோத், ஐம்பதைத் தாண்டியவர், அதிகம் பேசமாட்டார். கோச்கோர் என்ற ஊருக்கு இருநூறு கிலோமீட்டருக்குச் சற்று மேல். நாலு மணி நேரத்தில் போய்விடலாம். எங்களுக்கு ஒன்பது மணி நேரம் ஆனது.

ஏன் என்றால், நிறுத்தங்கள். ஒரு பழைய கோபுரத்தில் பதினைந்து நிமிடம், அதன் வாசலில் இருந்த பரிசுப்பொருள் கடையில் நாற்பது நிமிடம். சாலையோரத்தில் ஒருவர் கழுகைக் காலில் கட்டி வைத்திருந்தார், கையில் ஏந்திப் படம் எடுக்கலாமாம். பாவம், அந்தக் கழுகு எங்களைவிட அலுத்துப்போயிருந்தது. மதியச் சாப்பாடு ஒரு ஹோட்டலின் கார் நிறுத்துமிடத்தில் போட்டிருந்த கூடாரத்தில். உள்ளே பிளாஸ்டிக் பூ, ஏசி. அங்கேதான் "நாடோடிப் பண்பாட்டு அனுபவம்". உயரத் தொப்பியும் வெல்வெட் அங்கியும் மாட்டிவிட்டுப் படம் எடுத்தார்கள். அதே அங்கியைப் போட்டுக்கொள்ள ஒரு பெரிய சுற்றுலாக் குழு எங்கள் பின்னால் வரிசையில் நின்றது.

"அக்கா, இதுக்கா இவ்வளவு தூரம் வந்தோம்?" என்றேன்.

"நாளைக்குத்தானே மேல போறம். சும்மா இரும்" என்றார் அக்கா, தொப்பியைக் கழற்றாமலே.

இரண்டாம் நாள் எட்டு மணிக்குக் கோச்கோரிலிருந்து கிளம்பினோம். தார் ரோடு முடிந்து மண்பாதை. கணவாய் கிட்டத்தட்ட 3,400 மீட்டர் உயரம், எனக்கு நெற்றிப்பொட்டில் சுத்தியலால் தட்டுவதுபோல் இருந்தது. பாதை ஓரமெல்லாம் பனி. போன வாரம் விழுந்தது என்றார் அய்னுரா. சொன்ன பிறகு அவர் முகம் மாறியதை நான் கவனித்தேன். கணவாயைத் தாண்டியதும் சோங்-குல் ஏரி தெரிந்தது. அதைப் பற்றி நான் எழுதி ஒன்றும் ஆகப்போவதில்லை. அவ்வளவு பெரிய நீலத்தைப் பார்த்து, இதற்கு 690 டாலர் கொடுக்கலாம் என்று நினைத்தேன். அந்த நினைப்பு இருபது நிமிடம் நீடித்தது.

நாங்கள் தங்கவேண்டிய முகாமுக்கு வந்து வண்டி நின்றது. முகாம் இல்லை. கூடாரங்கள் நின்ற இடத்தில் புல்லில் மூன்று பெரிய வட்டங்கள் வெளிறிக் கிடந்தன. பக்கத்தில் ஒரு தகரப் புகைக்குழாய், சாணி, சாம்பல். கூடாரம் இல்லை, ஆடு இல்லை, ஆள் இல்லை. போலோத் குனிந்து சாம்பலைத் தொட்டுப் பார்த்து ஏதோ சொன்னார். "இன்னும் சூடு இருக்கிறதாம். காலையில்தான் பிரித்திருக்கிறார்கள்" என்றார் அய்னுரா. மேலே ஃபோன் சிக்னல் கிடையாது. அவர்கள் சொல்லவும் வழியில்லை, நாங்கள் கேட்கவும் வழியில்லை.

என் பொறுமை அங்கே போய்விட்டது. மின்னஞ்சலில் இரண்டு முறை கேட்டதை, அய்னுராவின் தப்பு அதில் எதுவும் இல்லை என்று தெரிந்தும், அவரிடமே கொட்டினேன். கோச்கோருக்குத் திரும்பி ஓர் அருங்காட்சியகம் காட்டுகிறேன் என்றார். வேண்டாம் என்றேன். அக்கா அந்த வட்டங்களில் ஒன்றைச் சுற்றி மெதுவாக நடந்துகொண்டிருந்தார். உள்ளே கால் வைக்கவில்லை.

"அக்கா, நீங்களாவது ஏதாச்சும் சொல்லுங்க."

"லொறித் தடம் இருக்கு" என்றார். "பின்னால போய்ப் பாப்பம்."

ஏரியின் தெற்குப் பக்கம் இன்னோர் இறக்கம் இருக்கிறது. அடுத்தடுத்துக் கொண்டை ஊசி வளைவுகள். அட்டவணையில் அந்தப் பாதை இல்லை. அய்னுரா தயங்கினார், போலோத் வண்டியைத் திருப்பினார். முக்கால் மணி நேரம் போயிருப்போம், ஒரு வளைவைத் திரும்பினதும் லாரி. பின்சக்கரம் ஓரப் பள்ளத்தில் சேற்றுக்குள் இறங்கி, பாரம் பூராவும் சரிவுப் பக்கமாகச் சாய்ந்து நின்றது. மேலே கட்டில், அடுப்பு, தொட்டில், பால் கேன்கள், கம்பளிச் சுருட்டுகள். அந்தச் சரிவு எங்கே முடிகிறது என்று எட்டிப் பார்த்தேன். பார்த்திருக்கக்கூடாது.

நாங்கள் தங்கவேண்டியிருந்த குடும்பத்தை அப்படித்தான் சந்தித்தோம். குல்மிரா, நாற்பது வயதிருக்கும், லாரிக்காரரோடு தனியாக நின்றுகொண்டிருந்தார். கணவர் குதிரையில் ஆடுகளை ஓட்டிக்கொண்டு முன்னே இறங்கிவிட்டார், கைக்குழந்தை கீழே மாமியார் வீட்டில். எங்களைப் பார்த்ததும் அவருக்கு யாரென்று புரிந்துவிட்டது. அய்னுராவிடம் நீளமாக ஏதோ சொன்னார்.

"மன்னிப்புக் கேட்கிறார். திரும்பப் பனி விழப்போகிறதாம், ஆடுகளை இன்னும் ஒருநாள் நிறுத்தி வைக்க முடியவில்லையாம்."

வானம் அதற்குள் சாம்பல் நிறமாகியிருந்தது. போலோத்திடம் இழுப்பதற்குக் கயிறு இருந்தது. ஆனால் பாரத்தோடு இழுத்தால் லாரி கவிழும், முதலில் இறக்கவேண்டும் என்றார். வண்டியை வேறு வேலைக்குப் பயன்படுத்தக்கூடாது என்பது கம்பெனி விதி என்று அய்னுரா மெல்லிய குரலில் ஞாபகப்படுத்தினார். சொல்லிக்கொண்டே கையுறையைப் போட்டுக்கொண்டார்.

நனைந்த கம்பளி எவ்வளவு கனக்கும் என்று உங்களுக்குத் தெரியுமா? அதுவரை எனக்குத் தெரியாது. ஒரு சுருட்டை நாலு பேர் தூக்கினோம். மடக்கு வேலிபோல் மடங்கும் மரச் சுவர்கள், நூற்றுக்குக் குறையாத கூரைக் கழிகள், உச்சியில் வைக்கும் வட்டச் சட்டம். எல்லாவற்றையும் இறக்கி ரோட்டில் அடுக்கினோம். விளம்பரத்தில் "கூடாரம் அமைப்பதை நேரில் காணுங்கள்" என்று ஒரு வரி இருந்தது. பிரித்ததைச் சுமக்கும் வாய்ப்பை எந்த ஏஜென்டும் தருவதில்லை. தொட்டிலை மட்டும் அக்கா யாரிடமும் கொடுக்கவில்லை. எங்கள் வண்டியின் பின்சீட்டில் தானே வைத்து பெல்ட் போட்டார்.

முதல் இழுப்பில் கயிறு அறுந்தது. முடிச்சுப் போட்டு இழுத்த இரண்டாவது இழுப்பில் லாரி இன்னும் ஒரு சாண் சரிந்தது. குல்மிரா கண்ணை மூடிக்கொண்டார். அவருடைய வீடே இந்த ரோட்டில் கிடக்கிறது, லாரியும் போய்விட்டால் என்ன செய்வார் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது. அதுவரை என் இரவுத் தங்கல் போனதை மட்டுமே நினைத்துக்கொண்டிருந்தேன். போலோத் சக்கரத்துக்கு அடியில் கற்களை அடுக்கி, அதன்மேல் ஒரு பழைய கம்பளியை விரித்தார். மூன்றாவது இழுப்பில் லாரி மேலேறியது. யாரும் கைதட்டவில்லை. பனி விழ ஆரம்பித்திருந்தது, திரும்ப எல்லாவற்றையும் ஏற்றவேண்டியிருந்தது.

இருட்டுவதற்குள் அவர்கள் ஊருக்கு இறங்கிவிட்டோம். வீடு. ஆமாம், வீடுதான். தகரக் கூரை, நீலச் சன்னல், சுவரில் பூப்போட்ட காகிதம், பெரிய டிவி, பிஷ்கெக் ஹோட்டலைவிட வேகமான வைஃபை. கூடாரத்தைக் கொட்டகையில் அடுக்கிவிட்டு எங்களை உட்கார வைத்தார்கள். ரொட்டி, பாலாடை, ஏப்ரிகாட் ஜாம், நிற்காமல் தேநீர். எனக்கு இன்னும் ஆத்திரம் ஆறவில்லை.

"நாடோடியோட தங்கலாம்னு காசு வாங்கிட்டு, டிவி ரூம்ல படுக்க வெக்கிறாங்க" என்றேன் அக்காவிடம்.

நாங்கள் என்ன பேசுகிறோம் என்று குல்மிரா கேட்டார். என் குரலை வைத்தே புரிந்துகொண்டாரோ என்னவோ. அய்னுரா சங்கடத்தோடு மொழிபெயர்த்தார். குல்மிரா சிரித்தார். "நாங்கள் நகராமல் அங்கேயே இருந்திருந்தால்தான் நீங்கள் ஏமாந்திருப்பீர்கள்" என்றார். ரொட்டியை எடுத்துக்கொண்டேன்.

பிறகு அக்கா கேட்டார், அய்னுரா வழியாக. "அடுத்த முறை போகேக்க அதே இடத்துக்கோ போவினம்?"

அதே இடம்தான் என்றார் குல்மிரா. அதே மூன்று வட்டங்கள், ஜூனில் பனி உருகியதும். அவருடைய மாமனாரும் அங்கேதான் கூடாரம் போட்டாராம். வேறு யாராவது வந்து பிடித்துக்கொள்ள மாட்டார்களா என்று அக்கா கேட்டார். குல்மிராவுக்குக் கேள்வியே புரியவில்லை. அய்னுரா இரண்டாம் தடவை விளக்கினார். "அது எங்கள் இடம் என்று எல்லாருக்கும் தெரியுமே" என்றார் குல்மிரா.

படுத்த பிறகு அக்கா மெதுவாகப் பேசினார். இத்தனை வருடப் பழக்கத்தில் இதை அவர் சொல்லிக் கேட்டதில்லை.

"எனக்குப் பதினைஞ்சு வயசு, நாங்கள் முதல் இடம்பெயரேக்க. இப்பிடித்தான் ஒரு லொறி. அம்மா வீட்டைப் பூட்டித் திறப்பைக் கையில வச்சிருந்தவ. பிறகு எத்தினை லொறி, எத்தினை இடம். அந்த வீட்டுக்குத் திரும்பிப் போகவேயில்லை. லொறியில சாமான் ஏத்துறதைப் பாத்தா இண்டைக்கும் எனக்கு நெஞ்சு அடைக்கும். பக்குரங்காவில பக்கத்து வீட்டுக்காரர் வீடு மாறினாலும் அப்பிடித்தான், நான் உள்ளுக்குப் போயிடுவன்." என் பக்கம் திரும்பிப் படுத்தார். "இண்டைக்கு அடைக்கேல்லை, சுதா. இவையள் பூட்டுறதுக்கு ஒரு கதவும் இல்லை. ஆனா திரும்பி வருவம் எண்டு தெரிஞ்சு போகினம்."

அன்று முழுக்க நான் பேசியது போதும் என்று தோன்றியது.

மூன்றாம் நாள் பிஷ்கெக்குக்கு எட்டு மணி நேரம். எந்தக் கடையிலும் நிறுத்தவேண்டாம் என்று அய்னுராவே சொல்லிவிட்டார்.

திரும்பி வந்து ஏஜென்டுக்கு எழுதினேன். இயற்கையின் செயலுக்குத் தாங்கள் பொறுப்பில்லை என்றும், அடுத்த பயணத்தில் பத்து சதவீதம் தள்ளுபடி தருவதாகவும் பதில் வந்தது. இந்த முறையும் சிரிப்புப் பொம்மை.

போகிறவர்களுக்குச் சில விஷயங்கள். ஜூலையில் போங்கள். ஆகஸ்டும் பரவாயில்லை, செப்டம்பர் முதல் வாரத்துக்குப் பிறகு எவர் சத்தியம் செய்தாலும் நம்பாதீர்கள். ஏஜென்டைவிட கோச்கோரில் இறங்கி அங்கேயே வண்டி பேசுவது மலிவு என்று அய்னுரா எங்களிடம் ரகசியமாகச் சொன்னார். உயரத்துக்கு மாத்திரை வேண்டுமா என்று கிளம்பும் முன் உங்கள் டாக்டரிடம் கேளுங்கள், என்னைப்போல் மேலே போய் யோசிக்காதீர்கள். கழிப்பறை வெளியே, தூரத்தில், டார்ச் தேவை. நல்ல கையுறை எடுத்துக்கொள்ளுங்கள்.

இதை எழுதிக்கொண்டிருக்கும்போது அக்கா ஃபோன் செய்தார். அடுத்த ஜூனுக்கு அய்னுராவிடம் நேரடியாகப் பேசி, இரண்டு பேருக்கும் சேர்த்தே இடம் சொல்லிவிட்டாராம், லீவு கிடைக்காத மாதத்தில் லீவும் போராடி வாங்கிவிட்டாராம். என்னைக் கேட்கவில்லை. ஜூனில் எனக்கு வருடக் கணக்கு வேலை இருக்கிறது, பதினேழு மணி நேரம் மறுபடி அந்த விமானத்தில் உட்கார என் முதுகு தாங்காது, பார்த்த இடத்தையே திரும்பப் பார்க்க ஏன் போகவேண்டும் என்று பொரிந்து தள்ளினேன்.

அக்கா எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டார்.

"போறதைத்தானே பாத்தனாங்கள்" என்றார். "வாறதையும் ஒருக்காப் பாக்கவேணும்."