குகிமியா தமாயெ கை வைத்த பெட்டி

ரிப்பேருக்கு வரும் பொருளைக் கையில் வாங்கியதும் தமாயெ இரண்டில் ஒன்றைச் சொல்வாள்: "ஆகும்", இல்லாவிட்டால் "ஆகாது". "பார்க்கலாம்" என்று அவள் சொல்லி நான் கேட்டதே இல்லை. வெந்நீர் ஊற்றுகளுக்குப் பேர்போன பெப்பு நகரத்தில், கன்னவாப் பகுதியில், அவள் கடைக்கு நேர் எதிரே ஆவியில் வேகவைத்த முட்டையும் சர்க்கரைவள்ளிக் கிழங்கும் விற்கிறவள் நான். என் முழங்கால் வலிக்கு எந்த டாக்டரும் இவ்வளவு துணிச்சலாகப் பதில் சொன்னது கிடையாது.

கடைப் பலகை அவள் மாமனார் காலத்தது. புருஷன் யசுவோ நல்ல மனிதர். ஏசி, வாட்டர் ஹீட்டர், கூரைமேல் ஆன்டெனா என்று ஏணியும் கையுமாகத் திரிவார். சின்னச் சாமான்கள் எல்லாம் தமாயெ பொறுப்பு. கல்யாணத்துக்கு முன்னால் குமமோட்டோவில் ஒரு தொழிற்சாலையில் பதினோரு வருடம் லென்ஸில் கண்ணை வைத்து சால்டரிங் செய்தவள். ஆனாலும் கடைக்குள் வருகிறவர்கள் அவள் தோளுக்குப் பின்னால் எட்டிப் பார்த்து "அவர் இல்லையா?" என்பார்கள். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவளுக்கு வராது.

"அவர் இருந்தாலும் வாங்கி என்கிட்டதான் குடுப்பாரு. நேரா குடுங்க, அலைச்சல் மிச்சம்" என்று கையை நீட்டுவாள்.

அவளும் ஒரு தடவை சறுக்கியிருக்கிறாள். கல்யாணமாகி வந்த புதிதில், மேல் தெரு விடுதியின் டி.வி.யை "ஆகும்" என்று சொல்லிச் சரி செய்து அனுப்பினாள். இரண்டே மாதத்தில் திரும்பி வந்தது. மறுபடி சரி செய்தாள், மறுபடி வந்தது. மூன்றாவது தடவை டி.வி.யை விட்டுவிட்டு விடுதிக்கே போய், அது இருந்த மூலையில் கால் மணி நேரம் சும்மா நின்றாள். சுவருக்கு அந்தப் பக்கம் வெந்நீர் ஊற்றின் ஆவிக் குழாய். அதிலிருந்து கசிகிற கந்தக வாடை எங்கள் மூக்குக்குப் பழகிப்போனது, நாங்கள் உணர்வதே இல்லை. வெளியூர்க்காரி மூக்குக்கு உறைத்தது. டி.வி.யை எதிர்ச் சுவருக்கு மாற்றினாள், அதற்குப் பிறகு அது ஒன்பது வருடம் ஓடியது.

இதை ஊருக்குள் சொன்னபோது யாருக்கும் பிடிக்கவில்லை. எங்கள் ஆவி மூட்டு வலியைத் தீர்க்கும், சொறியைத் தீர்க்கும், அரிசியை வேகவைக்கும். அது எதையாவது கெடுக்கும் என்று சொன்னால் நாங்கள் கேட்டுக்கொண்டிருப்போமா? நானே முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன் என்றால் பாருங்கள்.

இனி அனாய் மொரியோவின் கதைக்கு வருகிறேன். எங்கள் வட்டாரத்துக்கென்று ஒரு பொதுக் குளியல் இல்லம் உண்டு. கீழே ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனித் தொட்டிகள், மேலே கூட்டம் நடத்தப் பாய் விரித்த கூடம் ஒன்று. பஸ் ஓட்டி ஓய்வு பெற்ற அனாய் அதன் பொறுப்பாளராக ஒன்பது வருடம் இருந்தார். காலை ஆறு மணிக்குக் கதவைத் திறப்பார், வாரம் மூன்று நாள் தொட்டியைக் காலி செய்து தேய்ப்பார். பெண்டாட்டி போய்ச் சேர்ந்த பிறகு அந்தச் சாவிதான் அவருக்குக் காலையில் எழுந்திருக்க ஒரு காரணம். வருடா வருடம் ஏப்ரல் முதல் ஞாயிறன்று கூட்டத்தில் சாவியை மேஜைமேல் வைத்துவிட வேண்டும். உறுப்பினர்கள் கை தூக்கினால் மறுபடி எடுத்துக்கொள்ளலாம். அதுவரை அது வெறும் சடங்காகத்தான் இருந்தது.

வாசல் கூண்டில் உட்கார்ந்திருக்கும் நேரத்தில் அனாய் கையடக்க வீடியோ கேமில் ஷோகி ஆடுவார். பலகையில் காய் நகர்த்தும் நம் ஷோகிதான், எதிரே ஆளுக்குப் பதில் கேசட். அந்த வருடப் புத்தாண்டு விருந்தில் நாலு கோப்பை உள்ளே போனதும் மனிதர் எழுந்து நின்று சொன்னார்: "பத்தாம் நிலையில, அதான் கடைசி நிலையில, மெஷினை ஜெயிச்சுட்டேன்! அதுவும் மொத ஆட்டத்துலயே!"

முடிதிருத்தும் சோயெடா உடனே, "எங்க, காட்டுய்யா" என்றார். ஊரில் ஷோகிக்கு நான்தான் என்று நினைப்பு அவருக்கு.

மறுநாள் காட்டுவதற்காக அனாய் அந்த வீடியோ கேம் பெட்டியை ஆன் செய்தால், கேசட்டைப் படிக்க மாட்டேன் என்றது. சோயெடாவுக்கு வெறும் வாய்க்கு அவல் கிடைத்தது. "சரியான நேரத்துல கெட்டுப்போச்சு பாரேன்" என்று சிரித்துக்கொண்டிருந்தவர், மார்ச் மாதத்தில் சிரிப்பதை நிறுத்திவிட்டார். "பொம்மை விஷயத்துலயே பொய் சொல்ற ஆளு, தொட்டியைத் தேய்ச்சேன்னு சொன்னா எப்படி நம்பறது?" என்று கத்தரிக்கோலும் கையுமாக ஒவ்வொரு தலையிடமும் ஓதினார். முடி வெட்டும்போது யாரால் எழுந்து போக முடியும்? கேட்டுக்கொண்டு பாதிப் பேர் தலையாட்டினார்கள்.

கூட்டத்துக்கு மூன்று நாள் இருக்கும்போது, வியாழக்கிழமை காலை, அனாய் துணியில் சுற்றிய பெட்டியோடு தமாயெ கடைக்குள் நுழைந்தார். முட்டை கொடுக்கப் போன நான் நகரவில்லை.

"யசுவோ-சான் இல்லையா?"

"குடுங்க" என்றாள் தமாயெ.

பொத்தானைத் தட்டினாள். திரையில் கம்பெனி பெயர் இறங்கி வர வேண்டிய இடத்தில் வெறும் கறுப்புப் பட்டை இறங்கி வந்து நின்றது. அனாயின் கேசட்டை உருவிவிட்டு, இழுப்பறையிலிருந்து நன்றாக ஓடுகிற கேசட் ஒன்றை எடுத்துச் செருகினாள். அதே கறுப்புப் பட்டை. அடுத்து அனாயின் கேசட்டை, கடையில் நன்றாக ஓடுகிற இன்னொரு பெட்டியில் போட்டாள். அங்கேயும் கறுப்புப் பட்டை.

"பெட்டி, கேசட், ரெண்டுக்குமே சீக்கு" என்றாள். "ரெண்டும் ஒண்ணா படுத்துச்சுன்னா, ரெண்டும் இருந்த எடத்துலதான் கோளாறு. ஊதினீங்களா?"

"ஊதாம? ஓடலேன்னா எல்லாரும் ஊதறதுதானே!"

"ஊதினா எச்சில் பட்டு பச்சையா பூக்கும். இது பச்சை இல்ல." லென்ஸை அவர் பக்கம் தள்ளினாள். கேசட்டின் அடியில் வரிசையாக இருந்த தங்க நிறத் தகடுகள் அடுப்புக்கரி மாதிரி இருந்தன. "இதை எங்க வைப்பீங்க?"

அனாய்க்கு அதில் பெருமைதான். "ஈரம் ஏறியிருக்கும்னு நெனச்சேன். அதான் மூணு மாசமா தெனமும் துணி மாத்தற அறையில, ஆவிக் குழாய் மேல இருக்கற கல்லுத் திண்டுல வச்சுக் காயவைக்கிறேன். என் தோள்பட்டையே அந்தச் சூட்டுலதான் சரியாச்சு. இதுக்கு ஆகாதா?"

எனக்குச் சிரிப்பு பீறிட்டது. தமாயெ சிரிக்கவில்லை.

"அந்த அறையில ஒரு பலகை தொங்குதே, என்ன எழுதியிருக்கு?"

"வெள்ளி நகைகளைக் கழற்றி வைக்கவும், கறுத்துப்போகும்னு."

"எழுதினது யாரு?"

அனாய் காதைச் சொறிந்தார். "நான்தான்."

"மோதிரத்தைக் கறுக்கவைக்கற ஆவி இதை மட்டும் மடியில வச்சுக் கொஞ்சுமா? கூண்டுல இருக்கும்போதே கொஞ்சம் கறுத்துருச்சு. நீங்க திண்டுல வச்சு மிச்சத்தையும் முடிச்சிருக்கீங்க."

"ஆகுமா?" என்று கேட்டபோது அனாயின் குரல் இறங்கிவிட்டது. "ஞாயித்துக்கெழமை இதைக் காட்டலேன்னா சாவி போயிடும் தமாயெ-சான். ஆட்டக் கணக்கெல்லாம் கேசட்டுக்குள்ள இருக்கு."

"ஆகும். கணக்கும் அழியாது. உக்காருங்க."

கேசட்டுக்குள் சட்டைப் பொத்தான் அளவு பேட்டரி ஒன்று இருக்கிறதாம், அதன் தயவில்தான் ஆட்டக் கணக்கு நிற்கிறதாம். அதனால் கேசட்டைப் பிரிக்காமலே வேலையைத் தொடங்கினாள். ஸ்பிரிட் தொட்ட பஞ்சால் தகடுகளைத் துடைத்தாள். அழுக்கு வந்தது, கறுப்பு வரவில்லை. பிள்ளைகள் எழுதி அழிக்கிற வெள்ளை ரப்பரை எடுத்து, ஓரத்தைக் கூராக வெட்டி, ஒவ்வொரு தகடாக ஒரே திசையில் தேய்த்தாள். அழுத்தினால் மேல்பூச்சே போய்விடும் என்பதால் பூனைக்குட்டியின் நெற்றியைத் தடவுகிற அளவுதான் விரலில் பலம் கொடுத்தாள். ரப்பர் தூள் கறுப்பாக உதிர்ந்தது, மஞ்சள் பளபளப்பு வரிசையாக எட்டிப் பார்த்தது.

பெட்டியைத் தைரியமாகப் பிரித்தாள். கேசட் செருகும் பள்ளத்துக்குள் மயிரிழைக் கம்பிகள் முப்பத்திரண்டு. பழைய டெலிபோன் கார்டு ஒன்றில் மெல்லிய பருத்தித் துணியைச் சுற்றி, ஸ்பிரிட்டில் நனைத்து, உள்ளே விட்டு இழுத்தாள். நாற்பது தடவையாவது இருக்கும். ஒவ்வொரு இழுப்புக்கும் துணியில் கறுப்புக் கோடுகள் விழுந்தன, பிறகு சாம்பல் நிறம், பிறகு ஒன்றுமில்லை. அமுங்கிக் கிடந்த இரண்டு கம்பிகளை ஊசியால் நிமிர்த்திவிட்டாள். நான் கொண்டு போன முட்டை ஆறிப்போயிருந்தது.

பெட்டியை மூடி, ஸ்பிரிட் காயும்வரை காத்திருந்து, கேசட்டைச் செருகினாள். கம்பெனி பெயர் எழுத்து எழுத்தாகத் தெளிவாக இறங்கி வந்தது, மணியும் அடித்தது. அனாய் எழுந்து நின்று அவளுக்குக் குனிந்து வணக்கம் சொன்னார். நானும் கை தட்டினேன்.

தமாயெ கணக்குப் பக்கத்தைத் திறந்தாள். பத்தாம் நிலை: வெற்றி 1. தோல்வி 413.

அனாய் திரையை விரலால் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார்.

"ஜெயிச்சது நெசந்தானே" என்றேன் நான், சும்மா இருக்க முடியாமல்.

"தோத்ததையும் இது எண்ணி வைக்கும்னு தெரியாம, மொத ஆட்டத்துலயேன்னு சொல்லித் தொலைச்சேனே" என்றார் அனாய். சட்டென்று தமாயெயின் மேஜைமேல் இரண்டு கையையும் ஊன்றினார். "தமாயெ-சான், ஒரு உதவி. இது ஆகாதுன்னு சொல்லிடுங்க. ரிப்பேருக்கு மிஞ்சிப்போச்சுன்னு. நீங்க சொன்னா ஊரே நம்பும். தோத்த கணக்கு தெரியறதுக்குப் பதிலா, சந்தேகத்தோடயே இருக்கட்டும்."

எனக்கு மனது இளகிவிட்டது. நானாக இருந்தால் சரி என்றிருப்பேன். சோயெடாவின் வாயை அடைக்க இதைவிடப் பெரிய பொய்களை நான் சொல்லியிருக்கிறேன்.

தமாயெ பெட்டியைத் துணியில் சுற்றி அவர் பக்கம் நகர்த்தினாள்.

"என்கிட்ட வர்றவங்க எல்லாரும் 'அவர் இல்லையா'ன்னு கேக்கறாங்க. நீங்களும் கேட்டீங்க. அப்புறமும் எதுக்குக் குடுக்கறாங்க? நான் ஆகும்னா ஆகும், ஆகாதுன்னா ஆகாது. எனக்குன்னு இந்த ஊர்ல இருக்கறது அது ஒண்ணுதான். அதை உங்களுக்குக் குடுத்துட்டா நான் எதை வச்சுக் கடையில உக்கார்றது?"

அனாய் பெட்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டார். "கல்லு மனசுடி உனக்கு" என்றேன். அவள் ஆறிப்போன முட்டையை உரித்துத் தின்றாள். ஆனால் பாதிதான் தின்றாள், அதையும் கவனித்தேன்.

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்குப் பாய்க்கூடத்தில் முப்பது பேருக்கு மேல் உட்கார்ந்திருந்தோம். சோயெடா முன்வரிசையில், சம்மணம் போட்டு, எண்ணெய் வைத்த தலையோடு. அனாய் மேஜைமேல் சாவியை வைத்தார். பக்கத்தில் பெட்டியையும் வைத்தார்.

"பெட்டி ஓடுதா?" என்றார் சோயெடா.

"ஓடுது. குகிமியா தமாயெ-சான் சரி பண்ணிக் குடுத்தாங்க." பெயரை முழுசாகச் சொன்னார். "நீ போட்டுப் பாக்கறதுக்கு முன்னாடி நானே சொல்லிடறேன். ஒரு தடவை ஜெயிச்சேன். நானூத்திப் பதிமூணு தடவை தோத்தேன். மொத ஆட்டம்னு சொன்னது பொய். தொட்டியைத் தேய்ச்சேன்னு சொன்னது ஒரு நாளும் பொய் இல்ல."

கூடத்தில் சிலர் சிரித்தார்கள், பெரும்பாலும் சோயெடாவின் வாடிக்கைக்காரர்கள். சோயெடா பெட்டியை எடுத்து ஓடவிட்டு, கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டுப் பார்த்தார். வெகு நேரம் பார்த்தார்.

அதற்குள் ஒரு கை உயர்ந்துவிட்டது. யாரும் கேட்கவே இல்லை, ஓட்டெடுப்பு தொடங்கவும் இல்லை. திரும்பிப் பார்த்தால் தமாயெ. பொய் சொல்ல மாட்டேன் என்று அவரைத் திருப்பி அனுப்பியவள், கையை நேராகத் தூக்கி வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். என் கண் கரித்தது. நானும் தூக்கினேன். இன்னும் ஏழெட்டுக் கைகள் எழுந்தன. மற்றவர்கள் சோயெடாவையே பார்த்தார்கள்.

"என் வீட்டுலயும் இந்தக் கேசட் இருக்கு" என்றார் சோயெடா, திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "பத்தாம் நிலையில பன்னெண்டு தடவை தோத்தேன். தூக்கிப் பரண்மேல போட்டுட்டேன்." பெட்டியை நிறுத்திச் சாவிக்குப் பக்கத்தில் வைத்தார். "நானூத்திப் பதிமூணு தடவை தோத்தும் மறுநாள் வந்து உக்கார்ற ஆளு... பனியோ மழையோ, காலையில ஆறு மணிக்குக் கதவு தெறக்கணும்னா நமக்கு அந்த மாதிரி ஆளுதான்யா வேணும். எடுத்துக்கோ."

கையையும் தூக்கினார். அப்புறம் யார் எண்ணினார்கள்?

அனாய் சாவியை எடுக்கப் போனவர் எடுக்க முடியாமல் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார். தமாயெ எழுந்து போய் அதை எடுத்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தாள். ஒன்பது வருடம் அந்த ஆவியிலேயே தொங்கிய பித்தளைச் சாவி, பல்லெல்லாம் கன்னங்கரேலென்று இருந்தது.

"பூட்டுல சிக்குமே இது" என்றாள்.

"ஆமா, தெனமும் ரெண்டு மூணு தடவை திருப்புவேன்" என்றார் அனாய். பிறகு கேட்டார்: "ஆகுமா?"

"ஆகும்" என்று சொல்லி, தமாயெ சாவியை அவர் கையில் வைத்தாள். "நாளைக்குக் கதவைத் தெறந்துட்டுக் கொண்டுவாங்க."