விரியாத காளான்

போன வருடம் புரட்டாசி மாதத்தில் ஒரு சனிக்கிழமை. பினாங்கில், ஜெலுத்தோங் பக்கத்து அடுக்குமாடியில் எங்கள் வீடு. அன்று மதியம் நடந்ததை நினைத்தால் இப்போதும் எனக்குப் பயமாக இருக்கிறது.

என் கணவர் தொழிற்சாலை பஸ் ஓட்டுகிறார். காலையில் ஆட்களை இறக்கிவிட்டு வீட்டுக்கு வருவார். மதியம் தீவிலிருந்து கடல் பாலத்தைத் தாண்டி அக்கரையில் பிறைப் பக்கம் போய், அடுத்த ஷிஃப்ட் ஆட்களை ஏற்றிக்கொண்டு மறுபடி பாலத்தில் ஏறி பாயான் லெப்பாஸ் தொழிற்சாலைக்குத் திரும்புவார். புரட்டாசி முழுக்க எங்கள் வீட்டில் சைவம். எனக்கு அது பெரிய விஷயமில்லை. அவருக்குத்தான் பாதி மாதம் போவதற்குள் பசாரில் மீன் கடையைத் தாண்டும்போதே முகம் வாடிவிடும்.

அன்று காலை அவர் ஒரு பை நிறைய வெள்ளை உருண்டைகளோடு வந்து நின்றார். பஸ் நிறுத்தும் இடத்தில் அகேசியா மரங்களுக்கு அடியில், மழைக்கு முளைத்திருந்ததாம். சில கோலிக்குண்டு அளவு, சில எலுமிச்சை அளவு. காளான் என்றார், புதையல் கிடைத்தவர் மாதிரி.

எனக்குப் பார்த்ததுமே பிடிக்கவில்லை. குடையும் இல்லை, காம்பும் இல்லை.

“என்னாங்க இது, காளான் மாதிரியே இல்லையே?”

“மொக்குலா. இன்னும் விரியல. விரியறதுக்கு முன்னாடி சாப்பிட்டாத்தான் ருசி. நான் சுங்கை பாக்காப் தோட்டத்துல பொறந்து வளந்தவன். நீ டவுன்காரி, உனக்கு என்னா தெரியும்?”

இந்த ‘டவுன்காரி’தான் கல்யாணமான நாளிலிருந்து என் வாய்க்கு அவர் போடும் பூட்டு. மற்ற விஷயத்தில் நான் விடமாட்டேன். காடு, செடி, கிழங்கு என்று வந்துவிட்டால் மட்டும் அவர் தோட்டத்து ஆள், நான் கடை வீதியில் வளர்ந்தவள். அதோடு சோதனை வேறு செய்து காட்டினார். ஒரு பல் பூண்டைப் போட்டுக் காளானைக் கொதிக்கவிட்டால், விஷமாக இருந்தால் பூண்டு கறுத்துவிடும் என்பது தோட்டத்தில் எல்லோரும் நம்புவது. பூண்டு வெள்ளையாகவே கிடந்தது. ஓர் உருண்டையை நறுக்கியும் காட்டினார். உள்ளே பால் மாதிரி வெள்ளை. அதற்கு மேல் நான் என்ன பேசுவது?

சின்ன உருண்டைகளை எல்லாம் போட்டு மிளகு தூக்கலாகப் பெரட்டல் வைத்தேன். தோல் தடித்திருந்த பெரியவற்றைச் சாயங்காலம் பார்த்துக்கொள்ளலாம் என்று சிங்க் ஓரமாக ஒதுக்கி வைத்தேன். மற்ற நாளாக இருந்தால் அடுப்பில் இருக்கும்போதே ஒரு துண்டை வாயில் போட்டு உப்புப் பார்த்திருப்பேன். புரட்டாசி சனிக்கிழமையில் சாமிக்குப் படைக்கும் முன் எதையும் ருசி பார்க்கக் கூடாது. படையலில் காளான் வைக்கலாமா என்று சிலர் கேட்பார்கள். எங்கள் வீட்டில் வைப்போம்.

படைத்து முடித்ததும் அவருக்கு அவசரம். காலையிலிருந்து பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் விரதம் இருந்த மனுஷன். நான் பரிமாற, பெரட்டலை மட்டும் மூன்று தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

“லேசாக் கசக்குதே, வெந்தயம் போட்டியா?” என்று கேட்டார்.

“சாமிக்கு வச்ச சாப்பாட்டைக் குறை சொல்லாதீங்க,” என்று அடக்கிவிட்டேன். அவரும் மிச்சத்தை வழித்துச் சாப்பிட்டுவிட்டுக் கிளம்பிப் போனார்.

நான் சாப்பிட உட்கார வேண்டியதுதான். சிங்க் ஓரத்தில் கிடந்த பெரிய உருண்டைகள் கண்ணை உறுத்தின. தோல் சீவி ஃபிரிட்ஜில் வைத்துவிட்டு நிம்மதியாகச் சாப்பிடலாம் என்று ஒன்றை எடுத்து இரண்டாக வெட்டினேன்.

உள்ளே கறுப்பு. ஓரத்தில் தடித்த வெள்ளைத் தோல், நடுவில் மை ஊற்றி வைத்த மாதிரி கருநீலம். அடுத்ததை எடுத்து அழுத்தினேன். அது வெடித்துப் புகை மாதிரி பழுப்புப் பொடி பறந்தது. நான் இரண்டடி பின்னால் போய்விட்டேன்.

அந்த நொடியில் எனக்குப் புரிந்துவிட்டது. இது மொக்கும் இல்லை, விரியப் போவதும் இல்லை. இதன் பிறவியே இப்படித்தான். மூடிய தோலுக்குள்ளேயே பழுத்துப் பொடியாகிறது. காலையில் வெள்ளையாக இருந்தது இளசு, அவ்வளவுதான். போனில் தேடினேன். அதே உருண்டை, அதே கறுப்பு, படத்துக்குக் கீழே விஷம் என்று போட்டிருந்தது. வாந்தி, வயிற்று வலி, வியர்வை, சிலருக்கு மயக்கம். சாப்பிட்ட கொஞ்ச நேரத்திலேயே ஆரம்பிக்கலாமாம்.

மயக்கம் என்ற இடத்தில் என் கண் நின்றுவிட்டது. பஸ் நிறைய ஆட்களை ஏற்றிக்கொண்டு, கடலுக்கு நடுவே, பாலத்தின் மேல் அவர் கையில் ஸ்டியரிங் இருக்கும்போது அந்த மயக்கம் வந்தால்?

போன் அடித்தேன். எடுக்கவில்லை. மறுபடி அடித்தேன். எடுக்க மாட்டார், எனக்குத் தெரியும். பஸ் ஓட்டும்போது போனைத் தொடக் கூடாது என்று சண்டை போட்டுச் சத்தியம் வாங்கியதே நான்தான். போன் டேஷ்போர்டு பெட்டிக்குள் சத்தமில்லாமல் கிடக்கும். பஸ் முதலாளியின் ஆபீசுக்கு அடித்தேன். சனிக்கிழமை மதியம், மணி அடித்து அடித்து ஓய்ந்தது. சாமி படத்தைப் பார்த்தேன். எனக்கு அழுகைதான் வந்தது.

அப்போதுதான் அந்த மலாய்க்கார அக்கா ஞாபகம் வந்தது. என் கணவரின் பஸ்ஸில் வேலைக்குப் போகிறவர். பிறையில் முதல் நிறுத்தத்தில் ஏறுவார். தீபாவளிக்கு என்னிடம் முறுக்கு வாங்குவார், அதனால் அவர் நம்பர் என்னிடம் இருந்தது. மற்றபடி எங்களுக்குள் பெரிய பழக்கம் எதுவும் கிடையாது.

முதல் மணியிலேயே எடுத்தார். எனக்கு மலாய் தண்ணீர் பட்ட பாடு, ஆனால் அன்று வாய் குழறியது. காளான், விஷம், அவர் சாப்பிட்டுவிட்டார், பாலத்தில் ஏற விடாதீர்கள். ஏதோ உளறினேன். அந்த அக்கா ஒரு கேள்வியும் கேட்கவில்லை. பஸ் இன்னும் வரவில்லை, போனை வைக்காதே என்று மட்டும் சொன்னார்.

போனைக் காதில் வைத்துக்கொண்டு எங்கள் மாடி நடைபாதையில் நின்றேன். அந்தப் பக்கம் மோட்டார் சத்தம், பெண்கள் சிரிக்கும் சத்தம். பஸ் வரவில்லையே என்று பயந்தேன். வந்துவிட்டால் என்ன ஆகுமோ என்றும் பயந்தேன். கடைசியில் பஸ் வந்து நிற்கும் சத்தம் கேட்டது. கூடவே ஹாரன், ஒரு தடவை, இன்னொரு தடவை. பிறகு என் கணவரின் குரல். சிரிக்கிறார். மலாய்க்காரர்கள் அக்காவைக் கூப்பிடுவது போல், என்ன காக், பஸ் முன்னால் வந்து நிற்கிறீர்கள், நேரமாகிறது என்கிறார்.

நகர மாட்டேன் என்றார் அந்த அக்கா. உன் மனைவி சொல்கிறாள், நீ விஷம் சாப்பிட்டிருக்கிறாய், இறங்கு என்றார். பின்னால் யாரோ, லேட்டானால் சம்பளம் வெட்டுவார்கள் என்று முணுமுணுத்தார்கள். அந்த அக்கா போனை அவரிடம் நீட்டியிருக்க வேண்டும்.

“உனக்குப் பைத்தியமா? நான் நல்லாத்தானே இருக்கேன்?” என்று என் காதில் கத்தினார்.

“இறங்குங்க. உள்ளுக்குக் கறுப்பா இருக்குங்க. இறங்குங்க.”

“அது வேற காளானா இருக்கும்லா. நான் பொறந்ததுலேருந்து...”

பேச்சு நின்றுவிட்டது. நான் கூப்பிட்டேன், பதில் இல்லை. மூச்சு வாங்கும் சத்தம் கேட்டது. பிறகு போன் எதிலோ இடித்த சத்தம், ஓங்கரிக்கும் சத்தம், பெண்கள் கத்தும் சத்தம்.

பஸ் படியில் உட்கார்ந்தபடியே வாந்தி எடுத்து, சட்டை நனைய வியர்த்து, அப்படியே சாய்ந்துவிட்டாராம். தன் மனைவியை வேலைக்கு ஏற்றிவிட வந்த ஒருவர் தன் காடியிலேயே அவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருக்கிறார். கூடவே அந்த அக்காவும் போயிருக்கிறார். வெட்டிய காளானை ஒரு டப்பாவில் போட்டுக்கொண்டு நானும் பாலத்தைத் தாண்டிப் போனேன். வழியெல்லாம் அந்தக் கடலைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை.

இரண்டு நாள் டிரிப் ஏற்றி வைத்திருந்தார்கள். இளசாக இருந்ததைச் சாப்பிட்டதாலோ என்னவோ பிழைத்துக்கொண்டார், இன்னும் கொஞ்சம் சாப்பிட்டிருந்தால் என்ன ஆகியிருக்குமோ என்றார் டாக்டர். கண் விழித்ததும் என் வீட்டுக்காரர் சொன்ன முதல் வார்த்தை, பெரட்டலில் உப்புக் கம்மி என்பது. அழுதுகொண்டே சிரித்தேன். அதற்குப் பிறகு அவர் வாயில் டவுன்காரி என்ற வார்த்தை வந்ததில்லை.

அன்று ஆஸ்பத்திரி வராந்தாவில் அந்த அக்கா சீருடையோடு உட்கார்ந்திருந்தார். அவருடைய ஷிஃப்ட் போய்விட்டது. அவர் கையைப் பிடித்துக்கொண்டு, நான் உளறியதை எப்படி நம்பினீர்கள் என்று கேட்டேன்.

நம்பினேனா என்று எனக்கே தெரியவில்லை, ஆனால் நீ சொன்னது பொய்யாக இருந்தால் நாங்கள் லேட், அவ்வளவுதானே என்றார்.

அத்தனை பேர் முணுமுணுக்க, ஹாரன் அடிக்க, பஸ்ஸுக்கு முன்னால் அசையாமல் நிற்க அந்த அக்காவுக்கு அந்த ஒரு கணக்குப் போதுமாக இருந்தது. என் சமையலறையில் என் கண்ணே சொன்ன சந்தேகத்துக்கு நான் அந்த அளவு இடம் கொடுக்கவில்லையே என்று இன்றும் ஒவ்வொரு மதியமும் என் கணவர் பஸ்ஸை எடுக்கக் கிளம்பும்போது நினைத்துக்கொள்கிறேன்.