கம்மல் போட்ட முயல்

“அடையாளமிட்ட முயல்கள் தாம் முதலில் பிடிபட்ட புதரை விட்டு அதிகத் தொலைவு நகர்வதில்லை. அவை திரும்பத் திரும்ப அதே இடத்துக்கு அருகிலேயே கிடைத்தன.”

எங்கள் வட்டாரத்து மானாவாரி நிலங்களில் முயல்கள் எப்படிப் பெருகுகின்றன, எப்படிக் குறைகின்றன என்று ஆராய்ந்து எழுதிய ஒரு சிறு வெளியீட்டில் இந்த வரிகள் இருக்கின்றன. நல்ல தாள், நல்ல அச்சு, அட்டையில் காது விடைத்த ஒரு முயல். படித்த அன்று வந்த கோபம் எனக்கு இன்னும் இறங்கவில்லை. நகரவே நகராதாம். அப்படி நகராத முயல் ஒன்றை உரச்சாக்கில் கட்டி, மடியில் வைத்துக்கொண்டு, பரளச்சிப் பக்கத்து எங்கள் ஊரிலிருந்து எம்.ரெட்டியபட்டி வரைக்கும் சித்தப்பாவின் வண்டியில் பின்னால் உட்கார்ந்து போனவள் நான். போகும் வழியெல்லாம் அது என் வயிற்றில் உதைத்துக்கொண்டே வந்தது.

எதற்கும் நாள் குறித்து வைப்பது என் பழக்கம். அப்போது நான் ஆறாம் வகுப்பு. கிணற்றடியில் போட்ட நிலக்கடலை முளைத்து இலை விட்டிருந்தது, பருத்தி எடுப்பு நடந்துகொண்டிருந்தது, ஆகவே மாசி. பள்ளிக்கூடம் இல்லை, ஆகவே ஞாயிறு. சிவராத்திரிக்குக் குலதெய்வம் கும்பிட வெளியூர்ச் சொந்தங்கள் இன்னும் வந்து இறங்கவில்லை. எனவே சிவராத்திரிக்கு முந்தைய ஞாயிறு. இதில் எனக்குச் சந்தேகமில்லை.

நடந்தது புரிய வேண்டுமானால் எங்கள் ஊர் ஆடுகளைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். லோனில் வாங்கிய ஆட்டுக்குக் காதில் மஞ்சள் நிறத்தில், எண் போட்ட ஒரு பிளாஸ்டிக் வில்லையைக் குத்திவிடுவார்கள். நாங்கள் அதைக் கம்மல் என்போம். கம்மல் இருக்கும் வரைதான் அது ஆடு. செத்தால்கூடக் காதை அறுத்துக் கம்மலோடு கொண்டுபோய்க் காட்டினால்தான் இன்சூரன்ஸ். அதனால் கம்மல் போட்ட ஆடு வழிதப்பி வந்தால் யாரும் தொட மாட்டார்கள். பிடித்துக் கட்டி, தண்ணீர் காட்டி, உரியவரிடம் சேர்த்துவிடுவார்கள்.

அப்படிச் சேர்ப்பதிலும் ஒரு மரியாதை உண்டு. ஒருமுறை சித்தப்பாவின் கிடாய் மல்லாங்கிணறு வரைக்கும் போய்விட்டது. அங்கிருந்து முன்பின் தெரியாத ஒருவர் ஷேர் ஆட்டோவில் அதைத் தன் கால்களுக்கிடையில் நிறுத்திக் கொண்டுவந்து இறக்கினார். எங்கே கிடைத்தது என்று சித்தப்பா கேட்டதற்கு, “அட, பக்கத்துலதான்யா நின்னுச்சு. எங்க போயிரப் போகுது” என்றார். எவ்வளவு தூரம் போயிற்று, யார் வெள்ளாமையைத் தின்றது என்றெல்லாம் சொல்லக் கூடாது. சொன்னால் அது ஆட்டுக்காரரைக் குற்றம் சொல்வதாகிவிடும். அதேபோல, லோன் ஆடுகளைப் பார்வையிட ஜீப் வந்தால், யாருடைய ஆடு எங்கே நின்றாலும் “மேச்சலுக்குப் போயிருக்கு, இப்ப வந்துரும்” என்று சொல்ல வேண்டியது தெருவின் கடமை.

இந்தப் பக்கத்துக்குத்தான் முயல் சார் வந்தார். அவர் பெயர் எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் முயல் சார்தான். எம்.ரெட்டியபட்டியை ஒட்டி வீடு எடுத்துத் தங்கி, பக்கத்துச் சீமைக்கருவைப் புதர்களில் கூண்டு வைத்து முயல்களைப் பிடித்து, எடை பார்த்து, காதில் மஞ்சள் வில்லை குத்தித் திரும்ப விட்டுவிடுவார். குத்திய முயல் எத்தனை மறுபடி சிக்குகிறது என்பதை வைத்து மொத்தம் எவ்வளவு இருக்கும், எவ்வளவு பிழைக்கிறது, எவ்வளவு சாகிறது என்று கணக்குப் போடுவது அவர் வேலை. இது எனக்கு இப்போது, அவர் எழுதிய அந்த வெளியீட்டைப் படித்த பிறகு, தெரியும்.

ஊருக்குத் தெரிந்தது வேறு. ஒரு ஞாயிற்றுக்கிழமை நாயோடு வேட்டைக்குப் போன எங்கள் தெரு ஆட்கள், நாய் கவ்விய முயலின் காதைப் பார்த்துவிட்டு அப்படியே நின்றார்களாம்.

“ஏலே, நாயப் பிடிலே. கம்மல் கெடக்கு பாரு.”

“மொசலுக்குமா லோனு குடுக்குறாக?”

“மாட்டுக்குக் குடுத்தாக, ஆட்டுக்குக் குடுத்தாக, நாட்டுக்கோழிக்கும் குடுத்தாச்சு. மொசலு மட்டும் என்ன பாவம் பண்ணுச்சு?”

எங்கள் ஊர் ஆட்கள் முயல் தின்னாதவர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. தின்றார்கள். எனக்கும் அதன் ருசி தெரியும். ஆனால் கம்மல் போட்டது இன்னொருவருடைய சொத்து. விசாரித்து, நடந்து போய், முயல் சாரிடம் கொடுத்தார்கள். அவருக்கு வந்த சந்தோஷத்தைப் பார்க்க வேண்டும். டீ வாங்கிக் கொடுத்தார். எங்கே பிடித்தீர்கள் என்று கேட்டார். “பக்கத்துலதான் சார்” என்றார்கள். அவர் தன் வரைபடத்தில், தன் புதருக்குப் பக்கத்திலேயே ஒரு புள்ளி வைத்துக்கொண்டார்.

அதற்குப் பிறகு யார் கொண்டுபோனாலும் இதே கேள்வி, இதே பதில், இதே டீ. சித்தப்பாவே இரண்டு தடவை போயிருந்தார். இது காட்டு முயல், எத்தனை பிழைக்கிறது என்று பார்க்கத்தான் அடையாளம் என்று சார் பொறுமையாகச் சொல்லியும் பார்த்தார். சித்தப்பா தலையாட்டினார்.

“அதத்தான சார் பேங்க்குக்காரவுகளும் வந்து பாக்காக.”

அந்த வருடம் சிவராத்திரிக்குச் சாமிப்பெட்டி தூக்கும் முறை சித்தப்பாவுக்கு வந்திருந்தது. குலதெய்வத்தின் நகையும் பட்டும் உள்ள பெட்டியைத் தலையில் வைத்துக் கோவிலுக்குக் கொண்டுபோவதை எங்கள் பங்காளி வீடுகள் முறை வைத்துச் செய்யும். ஒரு வீட்டுக்கு வந்தால் மறுபடி வர வருடங்கள் ஆகும். சித்தப்பா மாலை போட்டு விரதம் இருந்தார். பீடியை விட்டிருந்தார். கறி தொடவில்லை. சித்திகூட அவரிடம் குரலைத் தணித்துத்தான் பேசினாள்.

அந்த ஞாயிறு காலையில், கிணற்றடி நிலக்கடலையைச் சுற்றி மயிலுக்கும் முயலுக்கும் தடுப்பாகக் கட்டியிருந்த பழைய மீன்வலையில் ஒரு கம்மல் முயல் சிக்கிக்கொண்டு கிடந்தது. இளம் இலைகளை ஒரு பாத்திக்குத் தின்று தீர்த்துவிட்டுத்தான் சிக்கியிருந்தது. சித்தப்பா வலையை அறுத்து அதை எடுத்தார். விரதக்காரர் வேறு, அதைத் திட்டக்கூட இல்லை. சாக்கை என் மடியில் வைத்தார்.

“வா தாயி, இதக் குடுத்துட்டு வந்துருவோம். பாவம், அந்த மனுசன் தேடிக்கிட்டு இருப்பாரு.”

முயல் சார் வீட்டு வாசலில் ஒரு ஜீப் நின்றது. காக்கிச் சட்டை போட்ட இருவர் சாரோடு பேசிக்கொண்டிருந்தார்கள். அந்தப் புதர்ப் பக்கம் யாரோ வலை கட்டி வேட்டையாடுவதாக வனத்துறைக்குத் தகவல் போயிருக்கிறது. இது எங்களுக்குப் பிற்பாடுதான் தெரியும். சித்தப்பா வண்டியை நிறுத்தி, செருப்பைக் கழற்றிவிட்டு, சாக்கைத் திறந்து காட்டினார்.

“இந்தாங்க சார், உங்க மொசலு.”

காக்கிச் சட்டைகளில் மூத்தவர் சாக்குக்குள் பார்த்தார். “எதுல பிடிச்ச?”

“வலையில மாட்டுச்சுங்கய்யா.”

“எங்க?”

சித்தப்பா ஜீப்பைப் பார்த்தார், சாரைப் பார்த்தார். பிறகு தெளிவாகச் சொன்னார். “இங்கனதான்யா. சாரு எடத்துக்குப் பக்கத்துலதான்.”

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. “இல்ல சார், எங்க கெணத்துக்கிட்ட. கடலைய எல்லாம் தின்னுருச்சு. அது வெள்ளாமைக்குக் கட்டுன வலை” என்றேன்.

“நீ சும்மா இரு தாயி. சின்னப்புள்ளய்யா, அதுக்கு ஒண்ணும் தெரியாது. மொசலு அங்கிட்டு இங்கிட்டு எங்கயும் போகல. சாரு நல்லாத்தான் பாத்துக்கிடுறாரு.”

காக்கிச் சட்டைக்காரர் சிரித்தார். “பரவால்ல, மாலையப் போட்டுக்கிட்டு வேட்டைக்குக் கெளம்பியிருக்கான். அதுவும் பிடிச்ச எடத்தயும் அவனே சொல்லுறான்.” பிறகு சாரிடம் திரும்பி, “இவனத் தெரியுமா சார் உங்களுக்கு?” என்று கேட்டார்.

முயல் சார் தரையைப் பார்த்தார். “தெரியாதுங்க. நான் யாரையும் பிடிச்சுட்டு வரச் சொல்லலை.”

இரண்டாவது வாக்கியம் உண்மை. அதனால்தான் முதல் வாக்கியத்தின் மேல் எனக்கு இன்னும் ஆத்திரம். “சார், டீ வாங்கிக் குடுத்தீங்கள்ல? ரெண்டு தடவ குடுத்தீங்கள்ல?” என்று கத்தினேன். அவர் நிமிரவில்லை. சித்தப்பாவை ஜீப்பில் ஏற்றினார்கள். சாக்கையும் ஏற்றினார்கள். வண்டியும் நானும் வாசலில் நின்றோம். அப்பா வந்துதான் என்னைக் கூட்டிப்போனார்.

நன்றாக யோசித்துப் பாருங்கள். அந்த முயலைச் சித்தப்பா அடித்துக் குழம்பு வைத்திருந்தால் ஒரு ஜீப்பும் வந்திருக்காது. வாசனை பிடித்து வந்த பக்கத்து வீட்டுக்காரர்கூட ஒரு கிண்ணம் வாங்கிக்கொண்டு வாயை மூடியிருப்பார். திருப்பிக் கொடுக்கப் போனவர்தான் உள்ளே இருந்தார். சட்டம் தேவையில்லை என்று சொல்லவில்லை. முயலுக்கும் உயிர் இருக்கிறது. ஆனால் அந்த முயலின் உயிரை அன்று காப்பாற்றியவர் யார்?

அப்பா அருப்புக்கோட்டைக்கும் ஊருக்குமாக அலைந்தார். சிவராத்திரிக்குள் வந்துவிடுவார் என்றார்கள். சிவராத்திரி அன்று சாயங்காலம் வரைக்கும் சித்தி பஸ் வரும் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தாள். பெட்டி கிளம்ப வேண்டிய நேரம் தள்ளிக்கொண்டே போயிற்று. கடைசியில் அடுத்த வீட்டுப் பங்காளி துண்டைத் தலையில் சுற்றிக்கொண்டு முன்னால் வந்தார்.

“மொசலு தூக்கப் போனவன் எப்படிப்பா பெட்டி தூக்குவான்?” என்று யாரோ சொல்ல, கூட்டம் சிரித்தது. சித்தி மட்டும் திரும்பி, “உங்க வீட்டு ஆடு எங்க கொல்லையில வந்து நிக்கும்ல, அன்னைக்கு வச்சுக்கங்க ஒங்க சிரிப்ப” என்றாள்.

சித்தப்பா ஜாமீனில் வந்தது சிவராத்திரி கழிந்து. மாலையைக் கழற்றிக் கிணற்று மேட்டு வேம்பில் தொங்கவிட்டார். யாரையும் ஏசவில்லை. எனக்குத்தான் பொறுக்கவில்லை. நம் நிலத்தில் நம் வலையில் மாட்டியது என்ற ஒரே உண்மை அவரைக் காப்பாற்றியிருக்கும். அதை ஏன் மறைத்தார்? என்னை ஏன் பொய்க்காரியாக்கினார்? பல மாதங்கள் அவரோடு நான் சரியாகப் பேசவில்லை.

அதன்பின் எங்கள் பக்கத்தில் யாரும் கம்மல் முயலைத் திருப்பிக் கொடுக்கவில்லை. கம்மலைக் கண்டு யாரும் நாயை இழுத்துப் பிடிக்கவும் இல்லை. வெளியீட்டில் அதுவும் இருக்கிறது: “மாசிக்குப் பிறகு அடையாளமிட்ட முயல்கள் மீண்டும் தென்படுவது சட்டெனக் குறைந்தது. வறட்சி காரணமாக இருக்கலாம்.” அந்த வருடம் எங்கள் கண்மாயில் பங்குனி வரைக்கும் தண்ணீர் கிடந்தது.

வெளியீட்டின் இந்த வரிகளைச் சித்தப்பாவுக்கு நான் வாசித்துக் காட்டினேன். இப்போது அவருக்குக் காது மந்தம். இரண்டு தடவை வாசிக்க வேண்டியிருந்தது. அப்போதுதான் கேட்டேன், அன்று ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று.

“ஜீப்பு நின்னுச்சே தாயி” என்றார். “லோனு மொசல எண்ணத்தான் வந்துருக்காகன்னு நெனச்சேன். அது பரளச்சி வரைக்கும் போயி எங் கடலையத் தின்னுச்சுன்னு அவுக முன்னால சொன்னா, அந்தாளு லோனு என்னாகும்? வெளியூருல இருந்து பொழைக்க வந்த மனுசன்.”

பதினொரு வயதில் எனக்கு அவர் சொன்னது பொய் என்று தெரிந்தது. அது யாருக்காகச் சொல்லப்பட்டது என்று தெரியவில்லை. தரையைப் பார்த்து நின்றவருக்குத் தெரிந்ததா என்பதும் எனக்குத் தெரியாது. அவர் வீட்டு வாசலில் அவருடைய முயலுக்காக ஒருவர் பொய் சொன்னார். அப்படிச் சொன்னவரைக் காப்பாற்ற, ‘தெரியும்’ என்ற ஓர் உண்மையை முயல் சார் சொல்லியிருந்தால் போதும்.

வெளியீட்டாருக்கு இதையெல்லாம் எழுதி அனுப்பினேன். பதில் இல்லை. சாக்கிலிருந்த அந்த முயலை ஜீப்பில் கொண்டுபோய் எங்கே விட்டார்கள், விட்டார்களா, அது நகராத முயல்களில் சேர்ந்ததா, வறட்சியில் செத்தவற்றில் சேர்ந்ததா என்பது இன்றுவரை சரிபார்க்கப்படவில்லை.