கயிற்றில் மூன்று துணிகள்

நாடகம் இயக்க மீண்டும் அனுமதி கிடைத்தபோது ஓஸ்வால்ட் கிவிராண்டுக்கு வயது நாற்பத்தைந்து. சைபீரியாவில் ஏழு ஆண்டுகள் கைதியாக மரம் வெட்டித் திரும்பி, எங்கள் ஊர் அரங்கில் திரை இழுத்து, நடிகராகி, இயக்குநரும் ஆனவர். ஒரு நாடகம் தடைபட்டதும் ஆறு ஆண்டுகள் தபால்காரன், வாயிற்காவலன் என்று துண்டு வேடங்கள்தான். இந்த நாடகமும் தடைபட்டால் அரங்கிலேயே இடமில்லை என்று மேலிடம் சொல்லியிருந்தது.

நான் தார்த்துப் பல்கலைக்கழகத்தில் படிப்பை முடித்து, அரங்கில் குறிப்பெழுதும் வேலைக்கு வந்த புதிது. அம்மா கூட்டுப்பண்ணையில் பால் கறப்பவள். எங்கள் வீட்டில் பட்டம் வாங்கியது நான்தான் முதல்; ஆனாலும் நாடகத்தில் பண்ணைத் தலைவர் ஒருவர் குடித்துவிட்டு உளறும் காட்சி எதற்கு என்று எனக்குப் புரியவில்லை. கேட்டேன்.

"தணிக்கைக் குழு வந்து பாக்கும்போது வெட்டறதுக்கு ஏதாவது வேணும்ல? வெட்ட ஒண்ணும் இல்லன்னா தேட ஆரம்பிச்சுடுவாங்க" என்றார் ஓஸ்வால்ட்.

நண்பகலில் குழு வந்தது. தலைவர் தோழர் பியர்ன் நான்காவது வரிசையில் அமர்ந்தார். நான் அவருக்குப் பின்னால்.

இரண்டாம் அங்கத்தில் மீனவன் மனைவி துணி காயப்போட வேண்டும். வழக்கமாக மாட்டும் சாம்பல் நிறப் போர்வை அன்று சலவையிலிருந்து வரவில்லை. நடிகை ஹெல்வி கைக்குக் கிடைத்ததை மாட்டினாள். நீலப் பாவாடை. கறுப்பு ஏப்ரன். வெள்ளைத் துண்டு. திரும்பிப் பார்த்தவளுக்கு வசனம் நின்றுவிட்டது.

நாடு சுதந்திரமாக இருந்த காலத்து எங்கள் பழைய கொடியின் நிற வரிசை அது. அதைப் பெட்டியில் ஒளித்து வைத்ததற்கே ஆட்கள் சிறைக்குப் போயிருக்கிறார்கள்.

பியர்னின் பேனாவும் நின்றது.

கிழட்டு மீனவனாக மேடை ஓரத்தில் மீன் கழுவிக்கொண்டிருந்தவர் ஓஸ்வால்ட்தான். காட்சி முடியும்வரை அவர் உட்கார்ந்தே இருக்க வேண்டும். எழுந்தார். நான்கே அடி. ஏப்ரனை உருவிக் கை துடைத்து இடுப்பில் கட்டிக்கொண்டார்.

"செதிலெல்லாம் சட்டையில ஒட்டுதுடி."

"அதுக்கு இப்பதான் தோய்ச்சதுதான் கெடைச்சுதா ஒனக்கு?" என்றாள் ஹெல்வி. குரல் நடுங்கினாலும் கோபம் போலவே கேட்டது. யாரோ சிரித்தார்கள்.

பிறகு ஆறிப்போன காப்பியோடு விவாதம்.

"அந்தக் குடிகாரர் வேண்டாம்" என்றார் பியர்ன்.

"அவர் இல்லாம நாடகமே இல்லையே, தோழரே."

கால்மணி நேரம் வாதாடிவிட்டு, மனமில்லாதவர் போல ஓஸ்வால்ட் ஒப்புக்கொண்டார்.

"அப்புறம் அந்தத் துணிக் காட்சி. ஏப்ரனை எடுத்தீங்களே, பிரதியில அப்படி இல்லையே?"



"இல்ல. கை ஈரமா இருந்துச்சு."

பியர்ன் பேனாவை மூடினார். பின் என் பக்கம் திரும்பினார்.

"நல்லா இருந்துச்சு. இன்னிக்கு நடந்த மாதிரியேதான் தினமும் நடக்கணும். எழுதிக்கோங்க."

எழுதினேன். அவர் கண்ணில் அந்தக் கொடி வரிசை படவில்லையா, பட்டும்தான் சொன்னாரா? கேட்க எனக்குத் துணிச்சல் இருக்கவில்லை. இருந்திருந்தாலும் கேட்டிருக்கலாமா என்று இன்றும் தெரியவில்லை.

ஒப்புதல் அறிக்கையில் எழுதியபடியே, நாடகம் மேடையேறிய நாற்பத்தொரு நாளும் அந்த மூன்று துணிகளும் அதே வரிசையில் தொங்கின. அப்போது அரங்கில் ஓர் இருமல்கூடக் கேட்காது. குழு வந்த அன்று நான்கே அடியில் கயிற்றை எட்டிய ஓஸ்வால்ட், கடைசி வாரத்தில் அதற்கு ஒன்பது அடி எடுத்துக்கொண்டார்; அதுவரை மூன்று நிறங்களும் கயிற்றிலேயே இருந்தன.