அவன் போனுக்கு வந்த நம்பர்

கேம் கேசட்டைத் துவைக்கிற கல்லில் வைத்து என் புருஷன் உடைத்தான். சென்டரிங் வேலைக்குக் கொண்டுபோகிற சுத்தியல். கேசட் கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிது, அவ்வளவுதான். ஒரு அடி போதும். அவன் தூளாகும்வரை அடித்தான். அடுத்ததை எடுத்து வைத்தான். சோறு வைக்க நேரமாகிவிட்டது என்பது அன்றைக்குக் காரணம்.

நான் மைசூரில் ஒரு லாட்ஜில் ரூம் சுத்தம் செய்கிறவள். ஊர் ஹனூர் பக்கம். ஆறாவது வரை படித்தேன். கேம் மெஷின் லாட்ஜில்தான் கிடைத்தது. தங்கின யாரோ தலையணைக்கு அடியில் விட்டுப் போயிருந்தார். இரண்டு கையாலும் பிடித்துக்கொள்கிற மாதிரி இருக்கும். நடுவில் திரை, இரண்டு பக்கமும் பட்டன். மேனேஜர் டிராயரில் வருஷம் பூராவும் கிடந்தது. யாரும் தேடி வரவில்லை. தசராவுக்குப் புடவை கொடுத்தார்கள். எனக்கு வரும்போது புடவை தீர்ந்துவிட்டது. மேனேஜர் டிராயரைத் திறந்து இதை எடுத்து நீட்டினார்.

"கொழந்த இல்லாத ஊட்டுல இத வெச்சு என்ன பண்ணுவ?" என்று கூட வேலை செய்கிறவள் சிரித்தாள்.

"நான் ஆடறேன்" என்றேன்.

அதிலேயே ஒரு கேசட் செருகியிருந்தது. சண்டை ஆட்டம். எழுத்து ஒன்றும் எனக்குப் புரியவில்லை. பட்டனை அழுத்திப் பார்த்தே கற்றுக்கொண்டேன். பிறகு தேவராஜ மொஹல்லாவில் பழைய போன் விற்கிற கடையில் இன்னும் இரண்டு கேசட் வாங்கினேன். கல்லில் தூளானது இந்த மூன்றும்தான்.

மறுநாள் அந்தக் கடைக்குப் போனேன். கடைக்காரன் என்னைவிடச் சின்னவன். தமிழன்தான், மைசூரிலேயே பிறந்ததால் கன்னடம் முந்திக்கொண்டு வரும்.

"மூணுமா போச்சு? எப்படிக்கா?"

"சுத்தியல்ல."

என் முகத்தைப் பார்த்தான். 

"கேசட்டே இல்லாம வாங்கலாம்க்கா. கம்பெனி கடை மெஷினுக்குள்ளயே இருக்கு. காசு கட்டினா நெட்ல இறங்கும். உங்க பேர்ல அக்கவுண்ட். மெஷின் போனாலும் கேம் போகாது."

"ஒடைக்க முடியாதா?"

"எதை உடைக்கிறது? அல்லி ஏனூ இல்லவல்லா."

அங்கேதான் ஒன்றுமே இல்லையே என்றான். எனக்கு அது பிடித்தது. அக்கவுண்ட் போடச் சொன்னேன். போன் நம்பர் கேட்டான். எங்கள் வீட்டில் ஒரே போன். அது அவனுடையது. காஸ் சிலிண்டருக்கும் ரேஷனுக்கும் அந்த நம்பர்தான் கொடுத்திருந்தது. இதற்கும் அதையே கொடுத்தேன்.

ரூமைக் காலி செய்கிறவர்கள் தருகிற டிப்ஸைச் சேர்த்து ஒவ்வொன்றாக வாங்கினேன். வீட்டில் நான் ஆடுவதை அவன் பார்த்தான். திரையில் புதுசு புதுசாக வந்தது. மெஷினைப் பிடுங்கித் திருப்பி உதறினான்.

"கேசட் எங்கடி?"

"இல்ல."

"இல்லாமயா ஓடுது?"

அரிசி டப்பாவைக் கவிழ்த்தான். பாயைப் பிரித்தான். என் ரவிக்கைக்குள் கையை விட்டுத் தேடினான். இல்லாததை எங்கே கொண்டுவந்து தருவேன். கிடைக்காத கோபத்துக்கு அடித்தான். அது பல மாசம் நடந்தது.

கடைசியில் ஒருநாள் மெஷினாலேயே அடித்தான். தலைக்கு வந்ததை இடது கையால் தடுத்தேன். மணிக்கட்டில் எலும்பு முறிந்தது கேட்டது. அவனுக்கும் கேட்டிருக்கும். மெஷின் இன்னும் முழுசாக இருந்ததால் நிறுத்தவில்லை. திரை சிதறி, உள்ளே இருந்த பச்சைத் தகடு வெளியே வந்த பிறகு சாக்கடையில் எறிந்தான். நான் பெரிய ஆஸ்பத்திரிக்கு நடந்தே போனேன். தகடு வைத்துத் தைத்தார்கள். திரும்பி அந்த வீட்டுக்குப் போகவில்லை. லாட்ஜ் மொட்டை மாடியில் வேலைக்காரர்களுக்கு ஒரு அறை உண்டு. அங்கே இருந்துகொண்டேன். அவன் வேறொருத்தியைக் கூட்டிவந்து ஸ்ரீரங்கப்பட்டணத்தில் குடிவைத்தான் என்று கேள்விப்பட்டேன்.

சில வருஷம் போனது. கை அரைகுறையாகத் திரும்புகிறது. சொந்தமாகப் போன் வாங்கினேன். ஒருநாள் கடைக்காரன் கூப்பிட்டான். அதே மாதிரி மெஷின், பழசு, விலைக்கு வந்திருக்கிறது என்றான். வாங்கினேன். என் ஆட்டங்களை இறக்கித் தா என்றேன்.

உட்கார்ந்து தட்டினான். பாஸ்வேர்ட் அவனுக்கு ஞாபகமில்லை. எனக்கு அது தெரிந்ததே இல்லை. புது பாஸ்வேர்டுக்கு ஓடிபி அனுப்புகிறேன் என்றது கம்பெனி. நம்பரின் கடைசி இரண்டு எண்ணைக் காட்டியது.

"இது யாரு நம்பர்க்கா?"

சொன்னேன். கையை எடுத்துவிட்டான்.

"வேற அக்கவுண்ட் போட்டுப் புதுசா வாங்கிக்கறேன்" என்றேன்.

"முடியாதுக்கா. இந்த மெஷினுக்குக் கடையையே மூடிட்டாங்க. முன்னாடி வாங்கினவங்க மட்டும் இறக்கிக்கலாம். அதுவும் எத்தனை நாளைக்கோ, கொத்தில்ல, தெரியல. பிட்பிடிக்கா. விட்டுடுங்க."

விடலாம்தான். இரண்டு நாள் யோசித்தேன். அந்த வீட்டில் நான் வாங்கினது பாத்திரம், பீரோ, தையல் மெஷின். எல்லாவற்றிலும் அவன் கை பட்டது. பாதி உடைந்தது, மீதி அடகுக்குப் போனது. அவன் கைக்கு எட்டாமல் தப்பியது இது ஒன்றுதான். எங்கேயோ என் பேரில் பத்திரமாக இருக்கிறது. அதற்கும் வாசலில் அவன் உட்கார்ந்திருக்கிறான். எனக்கு அது பொறுக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை ஸ்ரீரங்கப்பட்டணத்துக்குப் பஸ் ஏறினேன். நான் போன் செய்தால் ஓடிபி அனுப்பச் சொல்லி அழுத்து, லைனிலேயே இரு என்று கடைக்காரனிடம் சொல்லியிருந்தேன். ஞாயிறு மத்தியானம் என் புருஷன் குடித்துவிட்டுத் தூங்குவான். அது மாறியிருக்காது.

ஹைவேக்குப் பின்னால் ஷீட் போட்ட வீடுகள். கேட்டுக் கேட்டுப் போனேன். கதவைத் திறந்தவள் சின்ன வயசு. காதுக்குக் கீழே வீங்கியிருந்தது.

"யாருங்க?"

"அவனோட மொதப் பொண்டாட்டி."

மேலும் கீழும் பார்த்தாள். "மிஷின்காரிங்களா? அப்படித்தான் சொல்லுவாருங்க."

"தூங்கறானா?"

"ஆமாங்க."

"அவன் போனுக்கு ஒரு நம்பர் வரும். ஆறு எண்ணு. படிச்சுச் சொல்லு. போயிடறேன்."

"பேங்க்குங்களா?"

"கேமு."

அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். சிரிப்பு நிற்கவில்லை. "கேமுக்கா அடிவாங்க வந்தீங்க? நானாச்சும் சோத்துக்கு இருக்கறனுங்க."

"என்னோடது. நான் வாங்குனது."

சிரிப்பை நிறுத்திவிட்டு உள்ளே பார்த்தாள். பிறகு செருப்பில்லாத காலை மெதுவாக வைத்துப் போனாள். நான் கடைக்காரனைக் கூப்பிட்டேன். உள்ளே போன் ஒரு தடவை சத்தம் போட்டது. அவள் தலைமாட்டில் குனிந்துகொண்டு படித்தாள்.

"நாலு. ஒண்ணு. ஒண்ணு."

நான் வாசலிலிருந்து கடைக்காரனுக்குத் திருப்பிச் சொன்னேன்.

"ஏழு."

தூங்கிக்கொண்டிருந்தவன் கை எழும்பி அவள் முடியைப் பிடித்தது. கண்ணைக்கூட அவன் திறக்கவில்லை. இழுத்த இழுப்பில் அவள் முட்டி போட்டுவிட்டாள்.

"யாருகிட்டடி பேசறே?"

"ரெண்டுங்க" என்றாள் என்னைப் பார்த்து. அதற்குள் அவள் முகத்தைச் சுவரில் மோதினான். இன்னொரு தரம் மோதினான். போன் தரையில் விழுந்தது.

"அக்கா, இன்னொண்ணு" என்று கடைக்காரன் என் காதில் கத்தினான். "கடைசி நம்பர், அக்கா!"

போனை இடுப்பில் செருகிக்கொண்டு உள்ளே போனேன். அடுப்பு மேல் குக்கர் இருந்தது. சோற்றோடு தூக்கி அவன் காதில் அடித்தேன். சோறு அவன் கழுத்தில் கொட்டியது. சூடாக இருந்திருக்கும். அலறிக்கொண்டு அவளை விட்டான். என்னைப் பார்த்தான். எந்தக் கை முறிந்தது என்று அவனுக்குத் தெரியும். அதைத்தான் பிடித்து முறுக்கினான். கண் இருட்டியது. கேமில் உதைப்பது போலெல்லாம் வரவில்லை. குருட்டாம்போக்கில் விட்ட உதை அவன் முட்டியில் பட்டது. மடிந்து விழுந்தான். விழுந்தவன் மேல் குக்கரை மறுபடி இறக்கினேன். அவன் என் காலைக் கவ்விக் கடித்தான்.

பக்கத்து வீட்டு ஆம்பளைகள் வந்து அவனைப் பிடித்துக்கொண்டார்கள். போன் அவன் முதுகுக்கு அடியில் கிடந்தது. திரை கறுத்துவிட்டது.

அவள் முந்தானையை வாயில் அழுத்திக்கொண்டு நின்றாள். துணி சிவந்துகொண்டிருந்தது.

"வர்றியா?" என்றேன்.

"எங்கீங்க?"

லாட்ஜ் பேரைச் சொன்னேன். "ஆள் தேடிட்டு இருக்காங்க."

அவள் என்னை வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினாள்.

பஸ்ஸில் என் கால் ரத்தத்தில் செருப்புக்குள் வழுக்கியது. பக்கத்தில் உட்கார்ந்திருந்த அம்மா எழுந்து வேறு சீட்டுக்குப் போனாள்.

கடைக்காரன் காத்திருந்தான். கடைசி எண்ணை ஊகித்து மூன்று தடவை போட்டிருக்கிறான். அதற்கு மேல் கம்பெனி விடவில்லை. "ஒரு நாள் கழிச்சு மறுபடி அனுப்பலாம்க்கா. ஆனா அந்த சிம் வேணும்." என் கையைப் பார்த்துவிட்டு, "பேடக்கா" என்றான். போதும், வேண்டாம் என்று நானும் வந்துவிட்டேன்.

அடுத்த வாரம் நான் பெட்ஷீட் மடித்துக்கொண்டிருந்தபோது அவள் பின்பக்கப் படியேறி வந்தாள். உதட்டில் தையல். கையில் பையில்லை.

"ஆள் எடுத்துட்டாங்களா?" என்று கேட்டாள்.

"இன்னும் இல்ல."

மூடியிருந்த கையைத் திறந்தாள். உள்ளங்கை வியர்வையில் சிம் ஒட்டியிருந்தது.

"போன் ஒடஞ்சு போச்சுங்க. வேற வாங்கற வரைக்கும் சிம்மைக் கழட்டி வெச்சிருந்தாரு. எடுத்துட்டு வந்துட்டனுங்க."

"அடிப்பானே."

"எடுக்காட்டி அடிக்க மாட்டாருங்களா?"

மேனேஜரிடம் கூட்டிப்போனேன். உதட்டைப் பார்த்துத் தயங்கினார். தையல் பிரிக்கிறவரை கஸ்டமர் முன்னால் வர வேண்டாம் என்று சொல்லி எடுத்துக்கொண்டார். அங்கிருந்து நேராகக் கடைக்குப் போனோம். கடைக்காரன் என் போனில் அந்த சிம்மைப் போட்டான். கம்பெனிக்கு ஓடிபி அனுப்பச் சொல்லி அழுத்தினான். நம்பர் வருவதற்கு முன்னால் போன் அடித்தது. எடுத்தேன். அவன்தான், யாருடைய போனிலிருந்தோ.

"எந்தத் தேவடியாடி எடுத்தது என் சிம்மை? அவ அங்கதான் இருக்காளா? ரெண்டு பேரையும் வெட்டி ஆத்துல போடறனா இல்லையா பாரு."

அவள் முகம் வெளுத்தது. போன் என் காதில்தான் இருந்தது, ஆனாலும் கடை முழுக்கக் கேட்டது.

அவன் கத்திக்கொண்டிருக்கும்போதே திரையின் மேல்பக்கம் நம்பர் வந்து நின்றது. போனைக் காதிலிருந்து எடுத்துக் கண்ணுக்கு நேராகப் பிடித்தேன்.

"எட்டு" என்றேன். கடைக்காரன் தட்டினான். "சைபர். மூணு. மூணு."

"என்னடி எண்ணிட்டிருக்கே?"

"ஒம்போது. நாலு."

"ஆய்த்து அக்கா, ஆச்சு!" என்றான் கடைக்காரன்.

"கேமு" என்று போனில் அவனிடம் சொல்லிவிட்டுக் கட் செய்தேன்.

கடைக்காரன் அவன் நம்பரை எடுத்துவிட்டு என் நம்பரைப் போட்டான். மெஷினில் ஒவ்வொன்றாகப் படம் வந்தது. நான் வாங்கினது எல்லாம் இருந்தது. ஆடி முடித்த இடங்கள் மட்டும் இல்லை. அதெல்லாம் பழைய மெஷினோடு சாக்கடைக்குப் போய்விட்டது, முதலிலிருந்து ஆடணும் என்றான்.

அவள் எட்டிப் பார்த்தாள். "இதுக்குங்களா?"

"இதுக்குத்தான்."

என் புருஷன் மறுநாள் விடிகாலையில் லாட்ஜுக்கு வந்தான். கஸ்டமர் எழுவதற்கு முன்னால் ரிசப்ஷனைத் துடைத்துக்கொண்டிருந்தவளைப் பிடித்துவிட்டான். நானும் இரண்டு ரூம்பாயும் சேர்ந்து பிரித்தோம். போகும்போது நாற்காலியைத் தூக்கிக் கண்ணாடிக் கதவில் அடித்தான். அதுவரை சும்மா நின்ற மேனேஜர் உடனே போலீஸுக்குப் போன் செய்தார். கதவு ஓனருடையது. அந்தக் கேஸ் ஓடுகிறது. அதில் எங்கள் இரண்டு பேர் பேரும் சாட்சியாக இருக்கிறது.

சாப்பாட்டுக்குப் பிறகு மொட்டை மாடியில் உட்காருவோம். என் மணிக்கட்டு கொஞ்ச நேரத்துக்கு மேல் தாங்காது. மெஷினை அவளிடம் கொடுத்துவிடுவேன். சண்டை ஆட்டம் வேண்டாம் என்கிறாள். மெஷினில் ரயில் ஓட்டுகிற ஆட்டம் ஒன்று இருக்கிறது. அதைத்தான் ஆடுகிறாள். பிரேக் பிடிக்க இன்னும் வரவில்லை. ஸ்டேஷனைத் தாண்டிப் போய்விடுகிறாள். பிளாட்பாரத்தில் நிற்கிறவர்களைப் பார்த்து, "நில்லுங்க, அடுத்த தடவை" என்கிறாள்.